ஆக்சஸ் எம்டிபி பாஸ்வேர்ட் மறந்துபோச்சு: இறக்கிய எக்ஸ்இயை ஓட்டலாமா?

கணக்குப்பிள்ளை:
சங்க உறுப்பினர் பட்டியல் மைக்ரோசாஃப்ட் ஆக்சஸ் 2003-இன் எம்டிபி (டேட்டாபேஸ்) ஃபைலில் இருக்கிறது. பாஸ்வேர்ட் யாருக்கும் நினைவில்லை. பழைய விபி6 (விஷுவல் பேசிக் 6) புரோகிராம் மட்டும் பாஸ்வேர்ட் கேட்காமலே அதைத் திறக்கிறது. பாஸ்வேர்ட் எடுக்கும் டூல் (எக்ஸ்இ) ஒன்றை இறக்கினால் விண்டோஸின் வைரஸ் தடுப்பான் டிஃபெண்டர் பிடிக்கிறது. டிஃபெண்டரை நிறுத்திவிட்டு ஓட்டலாமா?

பைட்பொறுக்கி:
வேண்டாங்க, டூலே தேவைப்படாது. முதலில் எம்டிபியை நகல் எடுங்கள்; இனி நகலில்தான் வேலை.

புரோகிராம் கேட்காமல் திறக்கிறதென்றால் பெரும்பாலும் பாஸ்வேர்ட் அதற்குள்ளேயே இருக்கும். மைக்ரோசாஃப்ட் சிஸ்இன்டர்னல்ஸின் ஸ்ட்ரிங்ஸை (ஃபைலுக்குள் கிடக்கும் சொற்களைப் பட்டியலிடுவது) அந்த விபி6 எக்ஸ்இ மேல் ஓட்டி, வருவதை டெக்ஸ்ட் ஃபைலில் சேமித்து, ‘டேட்டாபேஸ் பாஸ்வேர்ட்’ என்று ஆங்கிலத்தில் தேடுங்கள். நோட்பேடில் நேராகத் திறந்து தேடினால் சிக்காது. விபி6 தன் சொற்களை யூடிஎஃப்-16 ஆக வைக்கும், எழுத்துக்கு எழுத்து நடுவே ஒரு பூஜ்ஜிய பைட். பக்கத்தில் ஐஎன்ஐ (செட்டிங்ஸ்) ஃபைல் கிடந்தால் அதையும் பாருங்கள்.

லினக்ஸ்தாசன்:
அதிலும் இல்லையென்றால் உபுண்டு லினக்ஸில் (விண்டோஸுக்குள்ளேயே லினக்ஸ் ஓட்டும் டபிள்யூஎஸ்எல் போதும்) எம்டிபி ஃபைலைப் படிக்கும் எம்டிபி டூல்ஸ் நிறுவுங்கள். 2003 வரை அந்தப் பாஸ்வேர்ட் வெறும் வாசல் பூட்டு: ஃபைலின் தலைப்பகுதியில் எக்ஸ்ஓஆர் (எளிதில் திருப்பக்கூடிய பிட் மாற்றம்) செய்து ஒளித்திருப்பார்கள், உள்ளே தரவு திறந்தே கிடக்கும். எம்டிபி டூல்ஸ் பூட்டைக் கண்டுகொள்ளாமல் டேபிள்களை சிஎஸ்வியாக (காற்புள்ளியால் பத்தி பிரித்த டெக்ஸ்ட் ஃபைல்) கொடுத்துவிடும்.

ஆக்சஸ் 2007 முதல் வந்த ஏசிசிடிபி ஃபைலுக்கு இந்த வித்தை பலிக்காது, அது நிஜமான மறையாக்கம். ‘ஒரே நொடியில்’ என்று விற்கும் டூல்களை அங்கே நம்பாதீர்கள். ஆனால் அதன் டேபிள்களை இன்னொரு ஆக்சஸ் ஃபைலில் லிங்க் செய்திருந்தால், அந்த இரண்டாவது ஃபைலில் பாஸ்வேர்ட் மறைக்கப்படாமலே இருக்கும்.

பைட்பொறுக்கி:
நீங்கள் இறக்கிய டூல் எக்ஸ்இ பற்றி: விண்டோஸின் செர்ட்யூட்டில் கட்டளையில் அதன் எஸ்ஹெச்ஏ-256 ஹேஷை (ஃபைலின் கைரேகை போன்ற எண்) எடுத்து, அந்த ஹேஷை மட்டும் பல வைரஸ் இன்ஜின்களின் முடிவைக் காட்டும் வைரஸ்டோட்டல் தளத்தில் தேடுங்கள். எம்டிபியை அங்கே ஏற்றிவிடாதீர்கள், உறுப்பினர் விவரம் வெளியார் கைக்குப் போகும். பாஸ்வேர்ட் டூல் என்றாலே ‘ஹேக்டூல்’, ‘ரிஸ்க்வேர்’ என்று சில இன்ஜின்கள் சொல்லும். அதை மட்டும் வைத்து வைரஸ் என்று முடிவு கட்ட முடியாது. ‘ஸ்டீலர்’ (தகவல் திருடுவது), ‘ட்ரோஜன்’ (வேஷமிட்டு நுழைவது) என்று பல இன்ஜின்கள் சொன்னால் அழித்துவிடுங்கள். டிஜிட்டல் கையொப்பம் யார் வெளியிட்டது என்று மட்டுமே சொல்லும், நல்லதா என்று சொல்லாது. ஓட்டியே ஆகவேண்டுமென்றால் விண்டோஸ் சாண்ட்பாக்ஸில் (மூடினால் அழிந்துவிடும் தனி விண்டோஸ்), நெட்வொர்க்கை அணைத்துவிட்டு (ஹோம் பதிப்பில் சாண்ட்பாக்ஸ் கிடையாது).

கணக்குப்பிள்ளை:
ஸ்ட்ரிங்ஸில் இல்லை. எம்டிபி டூல்ஸில் எல்லாம் வந்துவிட்டது! ஆனால் பெயர்களெல்லாம் ஆங்கில எழுத்தும் அரைப்புள்ளியுமாக இருக்கின்றன. ஃபைல் கெட்டுவிட்டதா?

லினக்ஸ்தாசன்:
கெடவில்லை, அது பாமினி, யூனிகோடுக்கு முந்தைய தமிழ் எழுத்துரு. அரைப்புள்ளிதான் மெய்யெழுத்தின் புள்ளி. பழைய எழுத்துருவை மாற்றித் தரும் என்ஹெச்எம் கன்வர்ட்டரில் யூனிகோடாக்கலாம், ஆனால் பெயர், முகவரி பத்திகளை மட்டும் தனியே எடுத்து மாற்றுங்கள். பாமினியில் காற்புள்ளி என்றால் ‘இ’. முழு சிஎஸ்வியையும் போட்டால் பிரிப்பான் எல்லாம் ‘இ’ ஆகிவிடும். டேப்பைப் பிரிப்பானாகக் கொடுத்து மறுபடி எடுப்பது நல்லது.