பிட்சா சாஸ் வைத்தால் தக்காளித் தொக்காகவே வருகிறது, எங்கே தப்பு?

பாளைக்காரி:

எல்லாருக்கும் வணக்கம். பாளையங்கோட்டையில் இருக்கிறேன். முழுப்பரீட்சை லீவு விட்டதிலிருந்து மகள் பிட்சா பிட்சா என்று உயிரை எடுக்கிறாள். நாலு பேருக்கும் கடையில் வாங்கிக் கட்டுப்படியாகாது, சரி வீட்டிலேயே செய்துவிடலாம் என்று இறங்கினேன். மாவு பரவாயில்லை, புரோட்டாவுக்குப் பிசைந்து பழகிய கைதானே. சீஸ் வாங்கியாச்சு. சாஸில்தான் மாட்டிக்கொண்டேன்.

முக்கால் கிலோ நாட்டுத் தக்காளியைப் பச்சையாகவே மிக்சியில் போட்டு நைசாக அரைத்தேன். சட்டியில் எண்ணெய் ஊற்றி, ரெண்டு பல்லாரியைப் பொடிசாக நறுக்கிப் போட்டு, பூண்டும் போட்டுப் பொன்னிறமாக வதக்கி, அரைத்ததை ஊற்றி, மிளகாய்த்தூள் ரெண்டு ஸ்பூன், உப்பு எல்லாம் போட்டு எண்ணெய் பிரிகிற வரைக்கும் முக்கால் மணி நேரம் நின்று கிண்டினேன். கடைசியில், எப்போதோ பிட்சா வாங்கியபோது கொடுத்த ஆரிகனோ பொட்டலம் மூன்று டப்பாவில் கிடந்தது, மூன்றையும் தட்டினேன். மகள் ஒரு கடி கடித்துவிட்டு, “எம்மா, இது தோசைக்குத் தொட்டுக்கிடுததுல்லா” என்கிறாள். என் மாமியார் மட்டும் சந்தோஷமாக மறுநாள் காலையில் நாலு தோசைக்கு அதையே வைத்துச் சாப்பிட்டார்கள்.

ரெண்டாவது தடவை, சரி ரொம்பக் கிண்டியதுதான் தப்பு என்று பத்து நிமிஷத்தில் இறக்கிவிட்டேன். அது பிட்சாவின் மேல் தண்ணீர் விட்டு, அடிப்பாகம் நசநசவென்று ஆகி, எடுத்தால் நடுவில் தொங்குகிறது. நிறமும் சிவப்பாக இல்லை, ஏதோ ரோஸ் கலரில் நுரை நுரையாக இருந்தது. லேசாகக் கசப்பு வேறு.

ஓவன் கிடையாது. தோசைக்கல்லில் மூடி போட்டுத்தான் செய்கிறேன். யாராவது நேராகச் சொல்லுங்கள், இல்லாவிட்டால் பேசாமல் கெட்சப்பை ஊற்றிவிடுகிறேன்.

மகாராஜநகர் மைனி:

தங்கச்சி, நீங்கள் செய்தது தொக்கேதான், உங்கள் மகள் சொன்னது சரி. அதில் கைத்தப்பு ஒன்றும் இல்லை, நம் கைக்குத் தக்காளியையும் சட்டியையும் கொடுத்தால் அது தானாகத் தொக்குப் பக்கம்தான் போகும். வெங்காயத்தைப் பொன்னிறமாக வதக்குவது, மிளகாய்த்தூள் அள்ளிப் போடுவது, எண்ணெய் பிரிகிற வரை விடாமல் கிண்டுவது, இந்த மூன்றும் சேர்ந்தால் தக்காளியின் பச்சை ருசி முழுக்கப் போய் மசாலா ருசி வந்துவிடும். பிட்சாவுக்கு வேண்டியது தக்காளி தக்காளியாகவே தெரிகிற சாஸ். மேலே சீஸ் வருகிறது, அதில் ஏற்கெனவே உப்பும் கொழுப்பும் இருக்கிறது, கீழே இருக்கிற புளிப்புதான் அதைத் தூக்கிக் கொடுக்கும்.

நான் செய்கிற விதம் இது. ஒரு கிலோ பெங்களூர்த் தக்காளி, நன்றாகப் பழுத்தது. அடியில் கத்தியால் சிலுவை மாதிரி லேசாகக் கீறி, கொதிக்கிற தண்ணீரில் ஒரு நிமிஷம் போட்டு எடுத்துப் பச்சைத் தண்ணீரில் போட்டால் தோல் கையோடு வந்துவிடும். ரெண்டாக வெட்டி விதையைப் பிதுக்கி ஒரு வடிகட்டியில் விடுங்கள். விதையைச் சுற்றி இருக்கிற கொழகொழப்பைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள், ருசியில் பாதி அதில்தான் இருக்கிறது. கரண்டியால் அழுத்தி வடித்துச் சாற்றை மட்டும் திரும்பச் சேர்த்துக்கொண்டு விதையை விட்டுவிடுங்கள். உங்களுக்குக் கசந்தது விதையும் சேர்த்து மிக்சியில் அரைபட்டதால்தான். ரோஸ் கலரும் மிக்சி செய்த வேலை, ஓடுகிறபோது காற்றை உள்ளே இழுத்து நுரையாக்கிவிடும். மத்தால் கடையுங்கள், இல்லை கையால் பிசையுங்கள், அங்கங்கே கட்டி கட்டியாக இருந்தால்தான் நன்றாக இருக்கும்.

அகலமான சட்டி முக்கியம், வாய் அகலமாக இருந்தால்தான் தண்ணீர் சீக்கிரம் வற்றும், ருசி வேகாது. வெறும் அலுமினியச் சட்டியும் இரும்புச் சட்டியும் வேண்டாம், தக்காளிப் புளிப்பு உலோகத்தை இழுத்து ஒரு மாதிரி வாடை வரும். எவர்சில்வர் போதும், மண்சட்டி இன்னும் நல்லது. எண்ணெய் மூன்று மேஜைக்கரண்டி. ஆலிவ் எண்ணெய் இருந்தால் சரி, இல்லாவிட்டால் வாடை இல்லாத எந்த எண்ணெயும் ஆகும், நல்லெண்ணெய் மட்டும் ஊற்றிவிடாதீர்கள், மறுபடியும் உங்கள் மாமியாருக்குத்தான் கொண்டாட்டம். எண்ணெய் சூடேறியதும் ஐந்தாறு பூண்டுப் பல்லைத் தட்டிப் போட்டு வாசனை வந்தவுடனே, நிறம் மாறுவதற்கு முன்னாலேயே தக்காளியைக் கொட்டிவிடவேண்டும். வெங்காயம் கிடையாது. உப்பு ஒரு சின்ன ஸ்பூன். மிளகாய்த்தூளுக்குப் பதில் ரெண்டு மூன்று வற்றல் மிளகாயை உரலில் ஒன்றிரண்டாக இடித்துப் போடுங்கள்.

நடுத்தரத் தீயில் இருபது, இருபத்தைந்து நிமிஷம். கரண்டியால் சட்டி அடியில் ஒரு கோடு இழுத்தால் உடனே மூடாமல் ரெண்டு விநாடி நிற்கவேண்டும், தட்டில் ஒரு ஸ்பூன் வைத்தால் சுற்றிலும் தண்ணீர் கசியக்கூடாது. அதுதான் பக்குவம். எண்ணெய் பிரிந்துவிட்டால் நீங்கள் தாண்டிப் போய்விட்டீர்கள் என்று அர்த்தம். கடைசி ஐந்து நிமிஷத்தில் ஆரிகனோவை உள்ளங்கையில் வைத்துக் கசக்கிப் போடுங்கள். அந்தப் பொட்டலம் எல்லாவற்றிலும் ஆரிகனோ மட்டும் இருக்காது, சீசனிங் என்று போட்டிருந்தால் உப்பும் வேறு பொடிகளும் கலந்திருக்கும், மூன்றைத் தட்டினால் உப்புக் கரிக்கத்தான் செய்யும். புளிப்பு தூக்கலாக இருந்தால் அரை ஸ்பூன் சீனி. ஒரு கிலோவுக்கு நானூறு கிராம் பக்கம் சாஸ் வரும், பத்து அங்குல பிட்சா ஒன்றுக்கு மூன்று நாலு மேஜைக்கரண்டிக்கு மேல் தடவவேண்டாம், அப்படியானால் ஐந்தாறு பிட்சாவுக்குக் காணும்.

பாவூர்சத்திரத்தான்:

மைனி சொன்னதில் ஒரு வரியைத்தான் நான் நீட்டுகிறேன், தக்காளி. நாங்கள் இந்தப் பக்கம் தக்காளி போடுகிறவர்கள்.

நாட்டுத் தக்காளி ரசத்துக்கும் புளிக்குழம்புக்கும்தான். தோல் மெல்லிசு, உள்ளே எல்லாம் சாறும் விதையும், புளிப்பு ஜாஸ்தி. அதை வற்றவைக்க முக்கால் மணி நேரம் ஆகாமல் என்ன செய்யும்? பெங்களூர்த் தக்காளி என்று கடையில் சொல்கிறார்களே, முட்டை மாதிரி நீளவாக்கில் கெட்டியாக இருப்பது, அதில் சதை அதிகம், தண்ணீர் கம்மி. இத்தாலிக்காரன் சாஸுக்கு என்றே வைத்திருக்கிற சான் மார்சானோவும் இப்படி நீளமான, விதை குறைந்த சாதிதான். புளிப்பு கொஞ்சம் வேண்டும் என்றால் கிலோவுக்கு ரெண்டு நாட்டுத் தக்காளி சேர்த்துக்கொள்ளுங்கள், நானே அப்படித்தான் செய்வேன்.

வாங்கிய அன்றைக்கே செய்யாதீர்கள். லாரி ஏறவேண்டும் என்பதால் செங்காயிலேயே பறித்துவிடுகிறோம். ரெண்டு மூன்று நாள் வெளியில் பரத்திப் போட்டால் உள்ளே வரைக்கும் சிவக்கும். ஃபிரிட்ஜில் வைத்தால் அந்தப் பழுப்பு நின்றுபோகும், வாசனையும் செத்துப்போகும்.

இன்னொன்று, தக்காளியை நறுக்கியோ அரைத்தோ அப்படியே வைத்துவிட்டு வேறு வேலைக்குப் போகக்கூடாது. அரைபட்ட உடனே அதிலுள்ள நொதி வேலையை ஆரம்பித்து, கெட்டித்தன்மை கொடுக்கிற பெக்டினை உடைத்துவிடும், அப்புறம் சாறு தனி சக்கை தனி. நறுக்க நறுக்கச் சூடான சட்டியில் போட்டால் அந்த நொதி செத்துவிடும், சாஸ் கெட்டியாக நிற்கும். உங்கள் ரெண்டாவது சாஸ் தண்ணீர் விட்டதற்கு இதுவும் ஒரு காரணமாக இருக்கலாம்.

விலை சரிந்து பறிகூலிக்குக்கூடக் கட்டாமல் ரோட்டோரம் கொட்டுகிற நாள் வரும், அப்போது பெட்டியாக வாங்கி சாஸ் போட்டு வையுங்கள். எங்களுக்கும் வயிறு எரியாது.

கப்பல் சமையல்:

இவ்வளவு வேலையே தேவையில்லை என்பது என் கட்சி. கப்பலில் ஆறு வருஷம் சமையல் வேலை பார்த்தவன், இத்தாலியில் நேப்பிள்ஸில் கரை இறங்கினால் முதல் வேலை பிட்சா கடைதான். அங்கே சாஸை அடுப்பிலேயே ஏற்றுவதில்லை. தோலுரித்த தக்காளியைக் கையால் நசுக்கி உப்புப் போட்டு அப்படியே மாவின் மேல் தடவி அடுப்புக்குள் தள்ளுகிறான், அவ்வளவுதான். சீஸே போடாமல் தக்காளி, பூண்டு, ஆரிகனோ, எண்ணெய் மட்டும் வைத்து மாரினாரா என்று ஒரு பிட்சா இருக்கிறது, அதைத் தின்றால்தான் தக்காளி என்றால் என்ன என்று தெரியும். அப்புறம், ஆலிவ் எண்ணெய் விட்டால் மிக்சியில் சேர்த்து அடிக்காதீர்கள், நல்ல எண்ணெயாக இருந்தால் அதுவே கசப்பு இறங்கும். கடைசியில் கரண்டியால் கலந்தால் போதும்.

மகாராஜநகர் மைனி:

அண்ணாச்சி, நீங்கள் சொல்வது நேப்பிள்ஸுக்குச் சரி. அங்கே விறகடுப்பு நானூறு டிகிரிக்கு மேல் காய்ந்து கிடக்கிறது, ஒன்றரை நிமிஷத்துக்குள் பிட்சா வெளியே வந்துவிடுகிறது, மேலேயும் கீழேயும் ஒரே நேரத்தில் அனல், தண்ணீர் அந்தச் சூட்டிலேயே பறந்துபோகும். தங்கச்சி செய்வது தோசைக்கல்லில். சூடு முழுக்க அடியில்தான், மேலே மூடி போட்டால் ஆவி திரும்பச் சொட்டும். பச்சை சாஸ் பச்சையாகவே இருக்கும், மாவு நனையும். ஓவன் இருக்கிறவர்கள் வேண்டுமானால் தக்காளியைப் பிசைந்து, வடிகட்டியில் அரை மணி நேரம் போட்டுத் தண்ணீரை இறக்கிவிட்டுப் பச்சையாகத் தடவலாம். நானும் அப்படிச் செய்திருக்கிறேன், நன்றாகத்தான் இருந்தது.

தங்கச்சிக்கு: கல்லில் செய்யும்போது மாவை ஒரு பக்கம் முக்கால் பதம் சுட்டுத் திருப்பிப் போட்டு, சுட்ட பக்கத்தின் மேல் சாஸ் தடவுங்கள். நசநசப்பு பாதி அதிலேயே நின்றுவிடும்.

கப்பல் சமையல்:

சரி மைனி, தோசைக்கல்லுக்கு நான் வாயைத் திறக்கவில்லை.

ஹாஸ்டல் பையன்:

கெட்சப் ஊற்றினால் என்ன தப்பு என்று யாரும் சொல்லவே இல்லையே. எங்கள் ஊர் பேக்கரி பிட்சா எல்லாம் கெட்சப்தானே, பத்து வருஷமாகச் சாப்பிட்டு உயிரோடுதான் இருக்கிறேன். அப்புறம் சீனிக்குப் பதில் உடன்குடி கருப்பட்டி போட்டால் எப்படி இருக்கும்? பிட்சாவில் வாசனைக்குப் போடுகிற பேசில் இலை திருநெல்வேலியில் எங்கே கிடைக்கும்?

மகாராஜநகர் மைனி:

கெட்சப்பில் சீனியும் வினிகரும் தூக்கலாக இருக்கும் தம்பி, சூட்டில் அந்தச் சீனி இன்னும் தித்திக்கும், பிட்சா பாதி மிட்டாய் ஆகிவிடும். பிடித்தால் சாப்பிட்டுப் போ, யார் வேண்டாம் என்றது. கருப்பட்டி நான் ஒரு தடவை போட்டுப் பார்த்தேன், நிறம் கறுத்து, வாசனை சுக்குக்காப்பி பக்கம் போய்விட்டது. இதுக்குச் சீனியே போதும்.

பேசிலுக்கு ஏன் அலைகிறாய்? திருநீற்றுப்பச்சிலை தெரியுமா, விதையைச் சப்ஜா என்று சர்பத்தில் போடுவார்களே, அதுவும் பேசிலும் ஒரே இனம். நம் ஊர்ச் செடிக்கு வாசனை கொஞ்சம் காட்டமாக இருக்கும், அதனால் ஐந்தாறு இலையைக் கிள்ளி, அடுப்பை அணைத்த பிறகு போட்டால் போதும். துளசி வேறு, அதைப் போட்டுவிட்டு சாஸில் கோயில் வாசனை வருகிறது என்று இங்கே வந்து எழுதாதே. ஆரிகனோ இல்லாவிட்டால் தொட்டியில் இருக்கிற ஓமவல்லி இலை ஒன்றே ஒன்று, பொடியாக அரிந்து. ஆரிகனோவில் இருக்கிற கார்வக்ரால் வாசனை அதிலும் இருக்கிறது. ரெண்டு இலை போட்டால் சளி மருந்து.

பாவூர்சத்திரத்தான்:

பெட்டியாக வாங்கி வையுங்கள் என்று நான்தான் சொன்னேன், அதனால் இதையும் சொல்லிவிடுகிறேன். ஊறுகாய் மாதிரி பாட்டிலில் போட்டு அலமாரியில் வைத்துவிடாதீர்கள். ஊறுகாயில் உப்பும் புளிப்பும் அவ்வளவு இருக்கிறது, தாங்கும். இந்த சாஸில் உப்பு கம்மி, பூண்டு, எண்ணெய் எல்லாம் இருக்கிறது, வெளியில் வைத்தால் கண்ணுக்குத் தெரியாமலே கெட்டுப்போகும், மேலே எண்ணெய் ஊற்றி மூடினால் காற்றில்லாத இடத்தில் வளர்கிற விஷக்கிருமிக்கு இன்னும் வசதி. ஃபிரிட்ஜில் ஐந்து நாள். அதற்கு மேல் என்றால் ஐஸ் தட்டில் ஊற்றி உறையவைத்து, கட்டிகளைக் கவரில் போட்டு ஃப்ரீசரிலேயே வையுங்கள், ரெண்டு மூன்று மாதம் வரும். கரண்ட் போய் உருகிவிட்டால் திரும்ப உறையவைக்கவேண்டாம், இன்னும் ஜில்லென்று இருந்தால் அன்றைக்கே குழம்பில் தட்டிவிடுங்கள், ரொம்ப நேரமாகிச் சூடேறியிருந்தால் கொட்டிவிடுங்கள்.

பாளைக்காரி:

நேற்று செய்துவிட்டேன். ஒரு கிலோ பெங்களூர்த் தக்காளி, ரெண்டு நாட்டுத் தக்காளி, மூன்று நாள் சுளகில் பரத்திப் போட்டிருந்தேன். விதையைப் பிதுக்குகிற வேலைதான் எரிச்சல், சேலையெல்லாம் சாறு. எவர்சில்வர் சட்டியில் இருபத்திரண்டு நிமிஷத்தில் அந்தக் கோடு நின்றது. இன்னும் கொஞ்சம் கிண்டலாமே என்று கை பரபரவென்று வந்தது, அணைத்துவிட்டு வெளியே வந்துவிட்டேன். திருநீற்றுப்பச்சிலை பக்கத்து வீட்டில் கேட்டால், “யாருக்கு உடம்புக்கு?” என்று கேட்கிறார்கள்.

நிறம் நல்ல சிவப்பு. மாவைத் திருப்பிப் போட்டு சுட்ட பக்கத்தில் தடவினேன், எடுத்தபோது தொங்கவில்லை. மகள் மூன்று துண்டு சாப்பிட்டாள், ஒன்றும் சொல்லவில்லை, அவள் ஒன்றும் சொல்லாவிட்டால் நன்றாக இருக்கிறது என்று அர்த்தம். மிச்சத்தை ஐஸ் தட்டில் ஊற்றி வைத்திருக்கிறேன்.

மாமியார் மட்டும் ஒரு விரல் தொட்டு நக்கிப் பார்த்துவிட்டு, “இது இன்னும் வேகலையே, போன வாட்டி வச்சதுதான் பக்குவம்” என்கிறார்கள். அவர்களுக்குத் தனியாகத் தொக்கு வைக்கவேண்டும், வீட்டில் நாட்டுத் தக்காளி அரைக் கிலோ இருக்கிறது.