டோக்கியோ யானக்காவில் வழிகாட்டியோடு சாப்பாட்டு நடை: சைவ ஆட்களுக்குச் சரிவருமா?

வெள்ளவத்தை_வாசுகி

சித்திரைப் புத்தாண்டு லீவுக்கு டோக்கியோ போறம். யானக்கா என்ற பழைய பகுதியில வழிகாட்டி கூட்டிக்கொண்டு போய், மூன்று மணித்தியாலம் கடை கடையாகச் சாப்பிடவைக்கிற சுற்று ஒன்று பார்த்தன். ஆளுக்குப் பதினாயிரம் யென்னுக்கு மேல. நாலு பேருக்குச் சின்னக் காசில்லை.

அம்மாவுக்கு 68 வயசு. சுத்த சைவம், முட்டையும் தொடமாட்டா. பால், தயிர் பரவாயில்லை. முழங்கால் நோவும் இருக்கு. இவரும் மகனும் மாட்டிறைச்சி தவிர எல்லாம் சாப்பிடுவினம். கேட்டதுக்கு "மரக்கறி ஏற்பாடு செய்யலாம்" என்று ஒரே வரியில பதில். அதை நம்பிக் காசு கட்டலாமோ? அம்மாவுக்கு அங்க உண்மையிலேயே என்ன கிடைக்கும்? படி, ஏற்றம் எப்படி?

---

பழைய_சோறு

அந்த ஒரு வரியை நம்பிக் காசு கட்டாதேங்கோ. கோப்பையில இறைச்சித் துண்டு தெரியாவிட்டால் அது மரக்கறி என்றுதான் அங்க பல கடைக்காரர் எடுப்பினம். வில்லங்கம் தாஷியில இருக்கு. சூப், நனைக்கிற சோஸ், அவித்த பூசணி எல்லாத்துக்கும் அடியில போற சாறு அது. பெரும்பாலும் கட்சுஒபுஷியில எடுப்பினம்: சூரை மீனை அவித்து, புகையூட்டி, கட்டியாக இறுகும்வரை காயவைத்துச் சீவுறது. எங்கட மாசிக்கு ஒன்றுவிட்ட சகோதரம் என்று வையுங்கோ. சீனிச் சம்பலில மாசி இருக்கோ என்று கேட்காமல் அம்மா கடைப் பணிஸைத் தொடமாட்டா தானே? அதே கேள்வியை அங்க ஒவ்வொரு கடையிலும் யாராவது கேட்கவேணும், அதுவும் ஜப்பானிய மொழியில.

பார்த்தால் சைவம், உள்ளுக்குள்ள மீன்: மிசோ சூப், சோபா நூடில்ஸின் சோஸ், இனிப்பான டோஃபுப் பைக்குள் சோறு அடைத்த இனாரி, பொரித்த டோஃபுவுக்கு மேல ஊத்துற சாறு. மரக்கறித் தெம்புராவின் மாவில முட்டை இருக்கும், தொட்டுச் சாப்பிடுற சோஸில தாஷி இருக்கும். உப்போடு தாங்கோ என்றால் சோஸ் பிரச்சினை தீரும், முட்டைப் பிரச்சினை தீராது. கொரொக்கே என்ற உருளைக்கிழங்குக் கட்லட்டில கொத்திறைச்சி கலக்கிறது வழக்கம். கலக்காவிட்டாலும் இறைச்சிக்கடை அதைப் பன்றிக் கொழுப்பில பொரிச்சிருக்கும்.

அம்மாவுக்கு நல்லாச் சரிவாறது இனிப்புப் பக்கம். சிவப்புப் பயறு, சீனி, அரிசிமா என்று செய்யிற தைஃபுக்கு. அகரில உறையவைக்கிற யோகான் (ஜெலட்டின் இல்லை, கடற்பாசி). வறுத்த சோயா மா தூவின வராபி மோச்சி. சுட்ட வத்தாளைக்கிழங்கு கண்டால் விடாதேங்கோ. செம்பே என்ற அரிசி பிஸ்கட்டில வெறும் சோயா சோஸ் பூசினதை எடுங்கோ; சுவை சேர்த்த வகைகளில மீன் சாறு, இறால் தூள் வரும். தயாகி என்ற மீன் வடிவப் பலகாரத்தில மீன் இல்லை, பயறுதான். ஆனால் மாவில முட்டை போடுற கடையும் உண்டு, போடாத கடையும் உண்டு. தொராயாகி, கஸ்தெலா என்ற கேக் வகை இரண்டிலும் முட்டை நிச்சயம்.

பைக்கற்றில ஒவ்வாமை அட்டவணை மட்டும் பார்த்து முடிவெடுக்க வேண்டாம். ஜப்பானில கட்டாயமாகக் குறிக்கவேண்டியவை இறால், நண்டு, வால்நட், கோதுமை, பக்வீட், முட்டை, பால், நிலக்கடலை போன்றவை. சூரை மீன் அதில இல்லை. மூலப்பொருள் வரியை கூகுள் லென்ஸால வாசிக்கவேணும். கடை வாசலில சுட்டுக் குடுக்கிற சாமானுக்கு அந்தச் சட்டமே இல்லை, வாயாலதான் கேட்கவேணும்.

---

ரயில்_பைத்தியம்

வழியைப் பற்றி மட்டும் சொல்றேன். நரித்தா விமான நிலையத்திலிருந்து ஸ்கைலைனர் ரயில் நேரா நிப்பொரியில் நிற்கும், சுமார் 40 நிமிஷம். யானக்காவுக்கு இறங்க வேண்டிய இடமும் அதுதான். ஆனா வந்திறங்கிய அன்றைக்கே பெட்டிகளோட இந்த நடையை வச்சுக்காதீங்க.

அம்மாவுக்காக ஒன்று: நிப்பொரியில் தொடங்கி நெசுவில் முடிக்கிற சுற்றை எடுங்க. மறுபக்கமா போனா ஏற்றம். யானக்கா மேட்டு நிலம். கடைத்தெரு பள்ளத்தில் கிடக்கு. நிப்பொரி மேற்கு வாசலால் வெளியே வந்து கோதென்சாக்கா சரிவில் நடந்தா ஐந்து, ஆறு நிமிஷத்தில் யூயாகே தண்தண் படிக்கட்டு, 36 படி. இறங்கினா யானக்கா கின்சா கடைத்தெரு. மொத்தமே 170 மீட்டர்தான்! மூன்று மணித்தியாலம் எப்படிப் போகுதுன்னா, அதுக்குப் பிறகு பழைய ஓடையை மூடிப் போட்ட வளைவு ஒழுங்கை, கோயில்கள், நெசு ஆலயம் எல்லாம் சேர்த்து இரண்டரை கிலோமீட்டர் அளவு நடக்க வைப்பாங்க. "உட்காருற இடம் எத்தனை, எத்தனையாவது நிமிஷத்தில்" என்று கேளுங்க. கடைத்தெருவில் வாங்கு ரொம்பக் குறைவு.

நெசுவிலிருந்து சியோதா பாதாள ரயில், மூன்றாவது ஸ்டேஷன் ஓத்தேமாச்சி. அது ஜேஆர் கம்பனி ரயில் இல்லை, ஜேஆர் பாஸ் செல்லாது. காசு ஏற்றிப் பாவிக்கிற சுயிக்கா அட்டை செல்லும்.

ஏப்ரல் நடுவில் செர்ரிப் பூ அநேகமா முடிஞ்சிருக்கும். பதிலா நெசு ஆலயத்தில் அசேலியா பூக்கும். ஆலயத்துக்குள் காசில்லை, பூத்தோட்டத்துக்கு மட்டும் கட்டணம். 29ஆம் தேதிக்குப் பிறகு கோல்டன் வீக் என்ற தொடர் விடுமுறை, அந்தப் பக்கமே தலை வைக்காதீங்க. திங்களிலிருந்து புதன் வரைக்கும் ஒவ்வொரு நாளும் சில கடை பூட்டு, சனி ஞாயிறு நெரிசல். வியாழன் அல்லது வெள்ளி, காலை 11 மணி நல்லது. ஆறு மணிக்கெல்லாம் கடைகள் மூடத் தொடங்கிடும்.

---

மருதானை_நானா

தங்கச்சி, வழிகாட்டியை எப்படிப் பிடிக்கிற என்கிறதைச் சொல்றேன். 2018 ஜனவரியில சட்டம் மாறின பிறகு உரிமம் இல்லாதவங்களும் காசுக்கு வழிகாட்டலாம். தேசிய உரிமம் உள்ளவங்க அட்டை வச்சிருப்பாங்க. ஆனா அந்தப் பரீட்சை மொழி, வரலாறு, புவியியல் பத்தினது. எந்தக் கடை எந்த எண்ணெய்ல பொரிக்குதுன்னு அதுல வராது. அதனால அட்டையை விட, நீங்க கேட்கிற கேள்விக்கு என்ன பதில் வருதுன்னு பாருங்க. இப்படி எழுதி அனுப்புங்க:

"ஒருவர் இறைச்சி, மீன், முட்டை, கட்சுஒ தாஷி, பன்றிக் கொழுப்பு எதுவும் சாப்பிடமாட்டார். பால் சாப்பிடுவார். இரண்டு பேர் மாட்டிறைச்சி சாப்பிடமாட்டார்கள். நிற்கப்போகும் ஒவ்வொரு கடையிலும் இவர்களுக்கு என்ன கிடைக்கும் என்று கடைவாரியாக எழுதுங்கள்."

கடைவாரியாப் பதில் வந்தா நல்ல ஆள். "கவலைப்படாதீங்க, பார்த்துக்கலாம்" என்று வந்தா அம்மா மூன்று மணித்தியாலமும் தேத்தண்ணிதான் குடிப்பாங்க. குறைஞ்சது நாலு நாள் முந்தி அனுப்புங்க. தாஷியை அந்த நேரத்துல மாத்த ஏலாது, காலையிலேயே காய்ச்சி வச்சிடுவாங்க.

இன்னும் மூன்று கேளுங்க. குழுவுல எத்தனை பேர்? எட்டுக்கு மேலன்னா அந்த ஒடுக்கமான தெருவுல பின்னால நிக்கிறவருக்கு ஒன்னும் கேட்காது. சாப்பாடு ஆளுக்கு ஒன்றா, வெட்டிப் பங்கா? சாப்பிட முடியாததுக்குப் பதிலா வேறொன்று வாங்கித் தருவாங்களா, இல்ல உங்க கைக்காசா?

உங்க வீட்டுக்காரருக்கும் மகனுக்கும் ஒரு எச்சரிக்கை. அந்தத் தெருவுல எல்லாரும் காட்டுற சாமான் மென்ச்சி கட்சு, இறைச்சிக்கடையில பொரிக்கிற கொத்திறைச்சிக் கட்லட். மாடு, இல்லாட்டி மாடும் பன்றியும் கலந்தது. கோழியில செய்றதையும் மென்ச்சி என்றுதான் சொல்வாங்க. அதனால பேரை மட்டும் நம்பாம "கோழி மட்டுமா" என்று கேளுங்க.

ஹலால் பார்க்கிறவங்க இதை வாசிச்சா: மிரின் என்ற இனிப்புச் சமையல் மதுவில 14 சதவீதம் அளவு மதுசாரம், அது சோஸ், டாங்கோ என்ற அரிசிமா உருண்டை மேல ஊத்துற பாகு என்று எங்கேயும் வரும். அமாசாக்கே என்ற இனிப்பு அரிசிப் பானம் ரெண்டு வகை. கோஜி பூஞ்சணம் ஏத்தின அரிசியில செய்றதுல மது இல்ல, சாக்கே என்ற அரிசி மதுவோட சக்கையில செய்றதுல கொஞ்சம் இருக்கும். தொழுகைக்கு ஒகாச்சிமாச்சியில பள்ளி இருக்கு, நிப்பொரியிலிருந்து யாமனோத்தே ரயில்ல மூன்றாவது ஸ்டேஷன்.

---

கறிவேப்பிலை

எல்லாரும் வழிகாட்டியை எப்படிப் பிடிக்கிறது என்று சொல்லினம். வழிகாட்டி வேணுமோ என்று ஒருவரும் கேட்கேல்லை. அம்மா சாப்பிடக்கூடியது அரைவாசிக்கும் குறைவு, மற்ற இருவருக்கும் முக்கியமான சாமான் விலக்கு. நாற்பதினாயிரம் யென் குடுத்து வாங்கிறது என்ன, வரலாறு தானே?

வரலாறு வேணுமென்றால் நியாயம். 1923 நிலநடுக்கமும் 1945 குண்டுவீச்சும் டோக்கியோவைத் துடைச்சபோது பெரும்பகுதி தப்பின இடம் இது. அந்த வீடுகளுக்கு முன்னால நின்று ஒருவர் விளங்கப்படுத்தினால் நல்லாத்தான் இருக்கும். சாப்பாட்டுக்கு மட்டுமென்றால் நீங்களே போகலாம்.

முதல்ல கயாபா காப்பிக்கடை, 1916இல கட்டின மூலைவீடு. 1938இல கடையாகி, 2009இல திரும்பத் திறந்தது. உங்கட வீட்டுக்காரரும் மகனும் முட்டை சான்ட்விச் எடுக்கட்டும், அம்மா காப்பியோட இருக்கட்டும். பிறகு ஹிமித்சுதோ என்ற கடையில ககிகோரி, சீவின ஐஸ். நிக்கோவில குளிர்காலத்தில இயற்கையாக உறையவிட்டு எடுத்த ஐஸ், கையால சுத்துற யந்திரத்தில சீவுவினம். ஐஸ் கட்டியைப் பெட்டிக்குள்ள இருந்து எடுத்த உடனே சீவுறதில்லை. மேற்பரப்பு வியர்த்துத் தெளியும்வரை வெளியில வைப்பினம். கடுங்குளிரில சீவினால் தூளாகிப் பல்லில கடிபடும், இளகினபிறகு சீவினால் மெல்லிய ஏடாக வரும். பழப்பாகும் பாலும் அம்மாவுக்குப் பிரச்சினை இல்லை. வரிசை நீளம், வெயில் நாளில இன்னும் மோசம்.

கை பழக்கம் ஒன்று: வாங்கினதை நடந்துகொண்டு சாப்பிடாமல் கடை வாசல் ஓரத்தில நின்று முடியுங்கோ. குச்சி, கடதாசியை வாங்கின கடையிலேயே திருப்பிக் குடுங்கோ, தெருவில குப்பைத்தொட்டி தேடிக் களைப்பீங்கள். பொரிச்ச சாமானை உடனே கடிச்சால் உள்ளே இருக்கிற கொதி நெய் சட்டையில பாயும். இரண்டு நிமிஷம் ஆறவிடச் சொல்லி மகனுக்குச் சொல்லுங்கோ. ஆயிரம் யென் தாள் பத்து, சில்லறையோட வைச்சிருங்கோ, சின்னக் கடைகளில காட் எடுக்காத கடை உண்டு. கொண்டுபோய்ச் சாப்பிட்டால் வரி 8, இருந்து சாப்பிட்டால் 10 வீதம். பில்லில வித்தியாசம் கண்டு சண்டைக்குப் போகாதேங்கோ.

---

வெள்ளவத்தை_வாசுகி

எல்லாருக்கும் நன்றி. நானா எழுதினதை அப்படியே அனுப்பினன். ஆறு கடையில இரண்டில அம்மாவுக்கு இனிப்பு, மற்றதில தேத்தண்ணி என்று பதில் வந்திருக்கு. அம்மாவுக்கு இருந்து சோறு சாப்பிட வழியே இல்லையோ? வழிகாட்டிக்கு டிப்ஸ் குடுக்கவேணுமோ?

---

பழைய_சோறு

பதில் நேர்மையாக இருக்கு. ஆனால் அம்மாவுக்காக முழுக்காசு கட்டாதேங்கோ, நடைக்கு மட்டும் குறைந்த விலை கேளுங்கோ.

சோறுக்கு ஷோஜின் ரியோரி, பௌத்த மடச் சமையல். இறைச்சி, மீன் இல்லை. வெங்காயம், உள்ளியும் இல்லை. தாஷி கொம்பு கடற்பாசியிலும் ஷிதாக்கே காளானிலும் எடுப்பினம். எள்ளும் குட்சு என்ற கிழங்கு மாவும் சேர்த்துக் கிண்டின கோமா தோஃபு கேட்டுச் சாப்பிடுங்கோ. முன்பதிவு இல்லாமல் பெரும்பாலும் கிடைக்காது. சில உணவகங்கள் "ஷோஜின் பாணி" என்று போட்டுக் கட்சுஒ கலக்கும், அங்கயும் அதே கேள்விதான்.

டிப்ஸ் அங்க வழக்கமில்லை. சிலர் திருப்பித் தந்துவிடுவினம். குடுக்க ஆசையென்றால் இங்கிருந்து ஒரு பைக்கற் தேயிலை கொண்டுபோங்கோ.