மலைப் பள்ளியில் ஒரு மணி நேரம்: யாருடைய பாட்டைப் போட்டுக் காட்டுவது?

ஏற்காட்டு வாத்தியார் கேட்டது:

ஏற்காட்டில் ஒரு பள்ளியில் பதினொன்றாம் வகுப்புக்கு வரலாறு நடத்துகிறேன். சனிக்கிழமை கடைசி ஒரு மணி நேரம் பாடத்துக்கு வெளியே எதையாவது பேசிக்கொள்ளலாம் என்று அனுமதி கிடைத்திருக்கிறது. 'உலகத்தின் பாட்டுப் போக்கை மாற்றியவர்கள்' என்று அடுத்த வாரத்துக்கு ஒரு தலைப்பை வாய்தவறிச் சொல்லிவிட்டேன். பிள்ளைகள் விடுவதாக இல்லை.

எனக்கு இளையராஜாவையும் ரகுமானையும் தெரியும். பீட்டில்ஸ், மைக்கேல் ஜாக்சன் எல்லாம் பெயரளவில்தான். தேடிப் பார்த்தால் நூறு பேர் பட்டியல், ஐம்பது பேர் பட்டியல் என்று வந்துகொண்டே இருக்கிறது. ஒருவர் ஏன் நான்காவது, இன்னொருவர் ஏன் பதினேழாவது என்று ஒரு பட்டியலும் சொல்லவில்லை. பிள்ளைகளில் பலர் காப்பித் தோட்டத்து வீடுகளிலிருந்து வருகிறவர்கள். ஆங்கிலப் பாட்டு என்றதுமே 'புரியாது சார்' என்று கையைக் கட்டிக்கொள்வார்கள். ஐந்தாறு பாட்டுக்குத்தான் நேரம் இருக்கும். எவற்றைப் போடலாம், ஏன் என்று யாராவது சொல்லுங்கள்.

ஐந்துரோடு:

இதில் யோசிக்க என்ன இருக்கிறது? உலகத்தில் மிக அதிகமாக விற்ற ஆல்பம் 1982-இல் வந்த 'திரில்லர்'. மைக்கேல் ஜாக்சனில் தொடங்குங்கள். அடுத்தது பீட்டில்ஸ். 1964 பிப்ரவரி 9 அன்று அமெரிக்கத் தொலைக்காட்சியில் அவர்கள் முதன்முறை வாசித்ததை ஏறக்குறைய 7 கோடியே 30 லட்சம் பேர் பார்த்தார்கள். பிறகு எல்விஸ். எண்ணிக்கையே பதில் சொல்லிவிடும்.

கொலுசுப் பட்டறை:

வாத்தியாருக்கு வணக்கம். ஐந்துரோடு தம்பி சொன்ன எண்ணிக்கையில் தப்பில்லை, ஆனால் அது கடைக்காரர் கணக்கு. நான் சேலத்துச் சிவதாபுரத்தில் நாற்பது வருடத்துக்கும் மேலாகக் கொலுசு செய்கிறவன். பட்டறைக் கணக்கைச் சொல்கிறேன்.

எங்கள் தொழிலில் ஒரு டிசைன் எப்படிப் பரவும் தெரியுமா? டை, அதாவது தகட்டில் பூ பதிக்கிற அச்சு, அதை வெட்டுகிறவர் ஒருவர் ராத்திரி உட்கார்ந்து புதிதாக ஒரு பூ வெட்டுவார். அடுத்த மாதம் அதே பூ பத்துப் பட்டறையில் இருக்கும். ஒருவன் இதழைக் குறைப்பான், ஒருவன் நடுவில் மணி கோப்பான். ஆறு மாதத்தில் செவ்வாய்ப்பேட்டைக் கடைக் கண்ணாடிக்குள் அந்தப் பூ இல்லாத தட்டே இருக்காது. எந்தக் கடை அதிகம் விற்றது என்பது ஒரு கேள்வி. அந்தப் பூவை முதலில் வெட்டியது யார் என்பது வேறு கேள்வி. நீங்கள் கேட்டிருப்பது இரண்டாவதை.

ஆகவே ஒருவரையும் தனியாகப் போடாதீர்கள். ஜோடியாகப் போடுங்கள். முதலில் டை, அடுத்து அதிலிருந்து விழுந்த சரக்கு. பிள்ளைகளுக்கு ஆங்கிலம் வேண்டியதில்லை, காது போதும்.

முதல் ஜோடிக்கு அமெரிக்கக் கிட்டார்காரர் சக் பெரி. 1958-இல் வந்த 'ஜானி பி. குட்'. ஆரம்பத்துக் கிட்டாரை மட்டும் இருபது விநாடி கேட்கவிடுங்கள். அதற்குப் பின் வந்த ராக் கிட்டார்காரர்களில் பாதிப் பேர் அந்த இருபது விநாடியை வாசித்துத்தான் கை பழகினார்கள். ரோலிங் ஸ்டோன்ஸ் குழு 1963-இல் வெளியிட்ட முதல் இசைத்தட்டே அவருடைய பாட்டு. அதே வருடம் பீச் பாய்ஸ் குழு பெரிய வெற்றியாக்கிய 'சர்ஃபின் யு.எஸ்.ஏ.'வும் அவர் மெட்டின் மேல் வேறு வார்த்தைகளை ஏற்றியதுதான். பிறகு அவர் பெயரையும் போட வேண்டியதாயிற்று. 1977-இல் விண்வெளிக்குப் போன வாயேஜர் கலங்களில் ஓர் இசைத் தட்டு வைத்தார்களே, அதிலும் 'ஜானி பி. குட்' இருக்கிறது. நம் இந்துஸ்தானிப் பாடகி கேசர்பாய் கேர்கரும் அதே தட்டில் பாடுகிறார். தங்கத் தட்டு என்று எழுதுகிறார்கள். செம்பின் மேல் தங்க முலாம், அவ்வளவுதான். தொழில்காரன் என்பதால் சொல்லிவைக்கிறேன்.

இதற்குள் இன்னொரு வேடிக்கை உண்டு. அந்த இருபது விநாடியும் சக் பெரியின் சொந்த டை அல்ல. லூயி ஜோர்டன் குழுவில் கார்ல் ஹோகன் என்று ஒரு கிட்டார்காரர், 1946-இல் ஒரு பாட்டின் தொடக்கத்தில் அதை வாசித்துவிட்டுப் போயிருக்கிறார். இரண்டையும் அடுத்தடுத்துப் போட்டால் வகுப்பே சிரிக்கும். கார்ல் ஹோகனை எந்த நூறு பேர் பட்டியலில் தேடுவீர்கள்?

இரண்டாவது டோனி அயோமி. இவரைப் பற்றிக் கொஞ்சம் நீளமாகத்தான் எழுதுவேன், பொறுத்துக்கொள்ளுங்கள். பர்மிங்காம் நகரத்தில் தகடு வெட்டும் ஆலையில் வேலை பார்த்த பையன். பதினேழு வயது. கிட்டார் வாசித்தே பிழைத்துக்கொள்ளலாம் என்று வேலையை விட்டுவிட்டான். அன்றுதான் ஆலையில் கடைசி நாள். வழக்கமாக நிற்கிற ஆள் வராததால் பழக்கமில்லாத பிரஸ்ஸில் இவனை நிறுத்தினார்கள். வலது கையில் நடுவிரல், மோதிர விரல் இரண்டின் நுனியும் போய்விட்டது. இடக்கைப் பழக்கக்காரன் ஆகையால் தந்தியை அழுத்துவது அந்த வலது கைதான்.

எனக்கு 1986-இல் இடது கை மோதிர விரல் நுனி போயிற்று. பட்டறையின் பெயர் எதற்கு, அதுவும் பிரஸ்தான். தகட்டைச் சரியாக நகர்த்தவில்லை, கால் மிதித்துவிட்டது. வலி உடனே வரவில்லை. தகட்டில் பதிந்த பூவைத்தான் முதலில் பார்த்தேன், அது கோணலாக விழுந்திருந்தது. அதுவரை பஜனைக் குழுவில் டோலக் வாசித்துக்கொண்டிருந்தேன். அத்தோடு நிறுத்திவிட்டேன்.

அயோமி நிறுத்தவில்லை. ஜாங்கோ ரைன்ஹார்ட் என்ற கிட்டார்காரரின் தட்டை ஆலை மேலாளர் கொண்டுவந்து கேட்கச் சொன்னாராம். அவரும் 1928-இல் தீ விபத்தில் இரண்டு விரல் முடங்கிப்போனவர். பாத்திரம் கழுவும் சோப்புத் திரவ பாட்டிலை உருக்கி, விரல் நுனிக்குத் தொப்பி மாதிரி இரண்டு செய்துகொண்டார் அயோமி. மேலே தோல் துண்டை ஒட்டினார். அப்படியும் கடினமான தந்தியை அழுத்த முடியவில்லை. மெல்லிய தந்தி தேடினார், கிடைக்காததால் பான்ஜோ தந்தியைக் கட்டினார். பிறகு தந்திகளையே தளர்த்திச் சுருதியைக் கீழே இறக்கினார். அவருடைய 'பிளாக் சாபத்' குழு 1971-இல் வெளியிட்ட மூன்றாவது ஆல்பத்தில் மூன்று அரைச் சுரம் இறங்கியிருக்கும். பூமிக்கு அடியிலிருந்து வருகிற மாதிரி ஒரு கனம். இன்றைக்கு ஹெவி மெட்டல் வாசிக்கிற குழுக்கள், பத்து விரலும் முழுசாக இருக்கிறவர்கள், அந்தச் சத்தத்துக்காகவே தந்தியைத் தளர்த்துகிறார்கள். ஒருவருடைய ஊனத்துக்குச் செய்த ஏற்பாடு ஊருக்கே டிசைன் ஆகிவிட்டது.

மூன்றாவது, ஜேம்ஸ் பிரவுன் குழுவின் 'ஃபங்கி டிரம்மர்'. 1970-இல் வந்தது. நடுவில் எல்லோரும் ஒதுங்கிக்கொள்ள டிரம்ஸ் மட்டும் சில விநாடி தனியாக ஓடும். வாசித்தவர் கிளைட் ஸ்டபிள்ஃபீல்டு. பின்னாளில் ராப் பாட்டுக்காரர்கள் அந்தச் சில விநாடியை வெட்டியெடுத்து ஆயிரத்துக்கும் மேற்பட்ட பாட்டுகளுக்கு அடியில் ஓட்டினார்கள். ஜோடியாக 1989-இல் பப்ளிக் எனிமி குழு பாடிய 'ஃபைட் த பவர்' போடலாம். பாட்டில் ஸ்டபிள்ஃபீல்டுக்கு உரிமைப் பங்கு கிடையாது. வாசித்த அன்றைக்குக் கூலி, கணக்கு முடிந்தது. எங்கள் டை வெட்டுகிறவர்களுக்கும் அதே சம்பிரதாயம்தான்.

பீட்டில்ஸுக்கு வருகிறேன். அவர்களை ஒதுக்க முடியாது, ஆனால் தொலைக்காட்சிக் கூட்டத்துக்காக அல்ல. ஏற்காட்டில் ஒரு தோட்டத்துப் பங்களாவில் என் மாமா சமையல்காரராக இருந்தார். துரை ஊரைவிட்டுப் போகும்போது ஓர் அட்டைப்பெட்டி நிறையக் கேசட் கொடுத்துவிட்டுப் போனார், அது பட்டறைக்கு வந்து சேர்ந்தது. அதற்கு முன்பே ஒருநாள், ஆடி மாதம், எங்கள் மாரியம்மன் பாட்டுக் கேசட்டை டேப் ரிக்கார்டர் கடித்துவிட்டது. கிழிந்த நாடாவை வெட்டி செல்லோடேப் ஒட்டிச் சேர்த்தேன். ஒட்டும்போது நாடா ஒரு திருப்பம் திரும்பியிருந்ததைக் கவனிக்கவில்லை. போட்டால் பாட்டு பின்னாலிருந்து முன்னால் ஓடுகிறது! போர்வைக்குள்ளிருந்து யாரோ வேற்றுமொழி பேசுகிற மாதிரி மங்கலாகக் கேட்டது. மெருகு போடுகிற பெரியவர் 'சாமி பாட்டைத் திருப்பிப் போடாதேடா' என்று எழுந்தே போய்விட்டார்.

அந்தத் துரை பெட்டியில் 1966-இல் வந்த பீட்டில்ஸ் கேசட் ஒன்று இருந்தது. அதில் 'ஐ ஆம் ஒன்லி ஸ்லீப்பிங்' பாட்டில் கிட்டார் வருகிற இடத்தில் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. என் ஒட்டுநாடாச் சத்தம்! நான் தெரியாமல் செய்ததை அவர்கள் வேண்டுமென்றே செய்திருக்கிறார்கள். அதே கேசட்டின் கடைசிப் பாட்டு முழுவதும் தம்புரா மாதிரி ஒரே சுருதியில் நிற்கும், மேலே நாடாத் துண்டுகளை வளையமாக ஒட்டிச் சுற்றவிட்ட சத்தங்கள். அந்த ஆகஸ்டோடு கச்சேரி போவதை நிறுத்திவிட்டு ஒலிப்பதிவு அறையையே வாத்தியமாக்கிக்கொண்டார்கள். மேடையில் வாசிக்க முடியாத பாட்டைத் தட்டில் செய்யலாம் என்று மற்றவர்களுக்குத் தைரியம் வந்தது அவர்களால்தான்.

கிராஃப்ட்வெர்க் என்று ஒரு ஜெர்மன் குழுவும் உண்டு. 1977-இல் வந்த அவர்கள் ரயில் பாட்டையும், அதை வைத்து நியூயார்க்கில் 1982-இல் செய்த 'பிளானட் ராக்' பாட்டையும் போடுங்கள். விளக்கமே வேண்டாம்.

மழைக்காலக் காப்பி:

பட்டறை அண்ணா, அருமையாக எழுதியிருக்கிறீர்கள். ஆனால் உங்கள் ஜோடிகளில் ஒரு பெண்கூட இல்லையே, கவனித்தீர்களா?

ஏற்காட்டில் இருபது வருடம் தேவாலயப் பாடகர் குழுவில் பாடியவள் நான். வாத்தியார் சக் பெரிக்கு முன்னால் ரோசெட்டா தார்ப் அம்மையாரைப் போட வேண்டும். ஞானப்பாட்டைத் தோளில் எலக்ட்ரிக் கிட்டாரை மாட்டிக்கொண்டு பாடியவர். 1938-இலேயே தட்டு வெளியிட்டவர். 1945-இல் வெற்றிபெற்ற 'ஸ்ட்ரேஞ்ச் திங்ஸ் ஹாப்பனிங் எவ்ரி டே' பாட்டைக் கேளுங்கள், ராக் அண்ட் ரோல் என்ற பெயர் ஊரெல்லாம் பரவுவதற்கு முன்பே அது அங்கே இருக்கிறது. கிளீவ்லாந்தில் இருக்கிற ராக் பெருமைக்கூடத்தில் அவரைச் சேர்த்தது 2018-இல்தான்!

படமாகவே காட்டலாம். 1964 மே மாதம் மான்செஸ்டரில் கைவிடப்பட்ட ஒரு ரயில் நிலையத்தில் தொலைக்காட்சிக்காக நடந்த கச்சேரி. கேட்கிறவர்கள் இந்தப் பக்க நடைமேடையில், அவர் எதிர்ப்பக்கத்தில். மழை. நல்ல கோட்டு அணிந்து, குதிகால் செருப்போடு ஈரத் தரையில் நடந்துவந்து கிட்டாரை மாட்டிக்கொண்டு அவர் தொடங்கிய பாட்டு, மழை பெய்ததல்லவா என்று கேட்கிற பாட்டு! நம் மலைப் பிள்ளைகளுக்கு அதை விளக்க வேண்டியதே இல்லை.

ஐந்துரோடு:

அதெல்லாம் சரி. இளையராஜா எங்கே? 1976-இலிருந்து நம் காதை மாற்றியவரை விட்டுவிட்டு ஜெர்மனிக்குப் போகிறீர்களே.

கொலுசுப் பட்டறை:

அம்மா சொன்னதை ஒப்புக்கொள்கிறேன். தார்ப் அம்மையாரே முதலில் வரட்டும். என் பட்டறையில் மணி கோக்கிறது முழுக்கப் பெண்கள், அவர்களுக்குத் தெரிந்தால் எனக்கு இன்றைக்குச் சோறு கிடையாது.

தம்பி, ராஜாவை விடுவேனா? ஆனால் அவரை ஆறாவதாக ஓரத்தில் உட்காரவைக்கக் கூடாது என்றுதான் இருந்தேன். வாத்தியார் இப்படிச் செய்யலாம். டெட்ராய்ட்டில் மோட்டவுன் என்ற கம்பெனி, 1959-இல் தொடங்கியது. அதன் முதலாளி பெரி கார்டி முன்னே கார் ஆலையில் வேலை செய்தவர். வண்டி வரிசையில் நகர நகர ஒவ்வோர் ஆளும் ஒரு பாகம் பூட்டுகிற மாதிரியே பாட்டையும் செய்யவைத்தார். அங்கே பாஸ் கிட்டார், அதாவது அடியில் ஓடுகிற கனத்த தந்திக் கிட்டார், வாசித்தவர் ஜேம்ஸ் ஜேமர்சன், வலது கையில் ஆட்காட்டி விரல் ஒன்றால் மட்டுமே மீட்டுவார். பல வருடம் தட்டில் அவர் பெயரே கிடையாது. பீட்டில்ஸின் பால் மெக்கார்ட்னி அவரிடம் கற்றதாக வெளிப்படையாகச் சொல்லியிருக்கிறார். ஜேமர்சன் வாசித்த பாட்டு ஒன்று, பீட்டில்ஸ் ஒன்று, அடுத்து ராஜாவின் எண்பதுகளின் பாட்டு எதுவானாலும் ஒன்று. மூன்றிலும் அடியில் ஓடுகிற கனத்த தந்தியை மட்டும் பின்தொடரச் சொல்லுங்கள். பாட்டுக்குள் இன்னொரு பாட்டு ஓடும். எங்கள் பட்டறையில் அது எங்களுக்குத் தெரிந்தது ராஜாவால்தான். ராஜா அவர்களைப் பார்த்துச் செய்தார் என்று சொல்லிவிடாதீர்கள். அவர் ஜெர்மன் இசைமேதை பாஹிடமும் நம் தியாகராஜரிடமும் போனவர், 1986-இல் இருவருக்கும் காணிக்கையாக ஓர் ஆல்பமே செய்தார்.

ஏற்காட்டு வாத்தியார்:

எல்லோருக்கும் நன்றி. ஐந்தாறு என்று கேட்டேன், பதின்மூன்று ஆகிவிட்டது. தார்ப், ஹோகன், சக் பெரி, அயோமி, ஸ்டபிள்ஃபீல்டு, ஜேமர்சன், பீட்டில்ஸ், ராஜா என்று வைத்துக்கொள்கிறேன். ஜாக்சனைப் பிள்ளைகளே கேட்பார்கள்.

ஒரு சிக்கல். நேற்று ஜேமர்சனைப் பள்ளி ஒலிபெருக்கியில் போட்டுப் பார்த்தேன். காலை வழிபாட்டுக்கு வைத்திருக்கிற கூம்பு. பாடுகிறவர் குரல் கேட்கிறது, கனத்த தந்தி சுத்தமாகக் கேட்கவில்லை.

கொலுசுப் பட்டறை:

கூம்பில் வராது. அது தூரத்துக்குக் கத்தத்தான். என்னிடம் பன்னிரண்டு அங்குல ஸ்பீக்கர் போட்ட மரப்பெட்டி ஒன்று இருக்கிறது, பட்டறையில் இருபது வருடமாக ஓடுகிறது. சனிக்கிழமை மதியம் பஸ்ஸில் எடுத்துவருகிறேன். பின்னால் வைத்தால் இருபது கொண்டை ஊசி வளைவில் உருண்டு சாகும், மடியில்தான் வைத்துக்கொள்ள வேண்டும். இரண்டு டிக்கெட் கேட்பார்கள். பரவாயில்லை. ஏரிக்கு முன்னால் இறங்குவதா, தாண்டியா என்று மட்டும் சொல்லுங்கள்.