கலைச்சொல்: ‘பிஸ்டல் கலிபர் கார்பைன்’ – விட்டமா, ரவையா?

கிளிநொச்சியிலிருந்து:

வணக்கம். ‘பிஸ்டல் கலிபர் கார்பைன்’ என்பது கைத்துவக்கின் ரவையைத் தோளில் தாங்கிச் சுடும் துவக்கு. விளையாட்டுச் சுடுதல் சொற்பட்டியலின் வரைவில் இதற்குக் ‘கைத்துப்பாக்கி விட்டக் குறுந்துப்பாக்கி’ என்று இருக்கிறது. அதை எடுத்துவிட்டு ‘கைரவைத் தோள்துவக்கு’ என்று வைக்கலாம் என்பது என் கருத்து.

முதலில் ‘விட்டம்’. பெயரில் கலிபர் இருந்தாலும் அங்கே குறிக்கப்படுவது குழலின் விட்டமல்ல, முழு ரவை; அதாவது சன்னமும் (பறந்து போகும் குண்டு) கோதும் (மருந்து அடைத்த உறை) சேர்ந்தது. 9×19 பரபெல்லம், .380 ஏ.சி.பி. என்ற இரண்டு ரவைகளுக்கும் சன்னத்தின் விட்டம் ஒன்றுதான், .355 அங்குலம். ஆனால் கோது ஒன்றில் 19 மி.மீ., மற்றதில் 17. .357 மக்னத்தின் சன்னம் அங்குலத்தில் ஆயிரத்தில் இரண்டு பங்குதான் தடிப்பு. அதன் கோதோ 33 மி.மீ. விட்டத்தைப் பார்த்தால் மூன்றும் ஒன்றுபோலத்தான். ஒரு துவக்குக்குப் பொருந்துவது ஒன்றுதான்.

அடுத்தது ‘குறு’. வன்னியில் குறுந்துவக்கு என்றால் குழல் அறுத்த சொட்கண் என்றுதான் காதில் விழும். இதன் குழல் பெரும்பாலும் 16 அங்குலம். 4 அங்குலக் கைத்துவக்கோடு பார்த்தால் நீளம். ரைபிளோடு ஒப்பிட்டால் மட்டும்தான் கட்டை. இதை இதுவாக ஆக்குவது தோளில் முட்டுக் கொடுத்துச் சுடுவதுதான். ஆகவே ரவை கையினுடையது, பிடி தோளினுடையது.

வவுனியாவிலிருந்து:

அண்ணை, ‘தோள்துவக்கு’ நன்றாக இருக்கிறது. ‘கைரவை’யில் மூன்று தடங்கல் உண்டு. கைரவம் என்றால் ஆம்பல். அகராதி புரட்டுபவர் மயங்குவார். தமிழ்நாட்டு வாசகருக்கு ரவை உப்புமாவுக்குப் போடுவது, அவர்கள் சொல்வது தோட்டா. மூன்றாவதுதான் பெரியது: எம்.பி.5 என்ற தானியங்கித் துவக்கும் கைத்துவக்கு ரவையைத் தோளில் வைத்துச் சுடுவதுதானே? தொடர்ந்து வெடிக்கிற ஆயுதத்தையும் விளையாட்டுத் துவக்கையும் ஒரே சொல்லுக்குள் விட்டால் பட்டியல் பிழையாகிவிடும்.

கிளிநொச்சியிலிருந்து:

தம்பி, மூன்றாவது நியாயமான கேள்வி. தலைச்சொல்லை நீட்டாமல் விளக்கத்தில் ‘விசைக்கு ஒரு வெடி’ என்று போடுவோம். ‘அரைத்தானியங்கி’ என்று போட்டால், கைப்பிடியை இழுத்து ரவை ஏற்றும் .357 லீவர் துவக்குகள் வெளியே போய்விடும். அவையும் இந்த இனந்தான். ‘பிஸ்டல்’ என்ற சொல்லை நான் தவிர்த்ததற்கும் அதுவே காரணம்: .357 ரிவோல்வர் ரவை. கைத்துவக்கு என்றால் இரண்டும் அடங்கும். ஆம்பல் மயக்கம் தீர, முதல் தடவை ‘கைத்துவக்கு ரவை’ என்று விரித்து எழுதலாம். தோட்டாவை இணைச்சொல்லாகக் கொடுக்கலாம். ரவையை விடமாட்டேன், சன்னம், கோது, மருந்து என்று அதன் உறுப்புகளுக்கெல்லாம் எங்களிடம் பழகிய சொல் இருக்கிறது.

இப்படி ஒன்றை மதிப்பிடும் முறையைப் பார்த்தாலே எந்தச் சொல் வேண்டும் என்பது தெரியும். ரவைக்கூட்டைக் கழற்றி, போல்ட்டை (அறையைப் பின்னாலிருந்து மூடும் பாகம்) இழுத்து, ரவை அமரும் அறைக்குள் கண்ணாலும் விரலாலும் பார்த்த பிறகுதான் மற்றதெல்லாம். பிறகு தோளில் வைத்துப் பார்க்க வேண்டும்: கழுத்தை நீட்டாமல், கன்னம் தானாகப் படியும் இடத்தில் குறிகாட்டி கண்ணுக்கு நேரே வருகிறதா?

அடுத்தது போல்ட். 9 மி.மீ. தோள்துவக்குகளில் பெரும்பாலானவற்றில் வெடிக்கும்போது போல்ட் பூட்டிக்கொள்வதில்லை; அதன் பாரமும் சுருள்வில்லுமே கோதைத் தாங்குகின்றன. அதனால் அசையும் பாகம் 600 கிராமுக்கு மேல் போகும். சின்ன ரவைதானே என்று எடுப்பவருக்குத் தோளில் விழும் அடி எதிர்பாராதது: அவ்வளவு பாரமும் பின்னே போய் முட்டித் திரும்புகிறது. ரூகர் பி.சி. கார்பைனில் போல்ட்டுக்குள் தங்ஸ்தன் பாரம் ஒன்று அசையவிட்டிருப்பது இதைத் தணிக்கத்தான். இதைப் ‘பூட்டிலா இயக்கம்’ என்றும், உருளையோ சரிவோ வைத்துத் திறப்பைத் தாமதிப்பதைச் ‘சுணக்க இயக்கம்’ என்றும் எழுதலாம். சுணக்கம் எங்கள் வீட்டுச் சொல். பூட்டிலா இயக்கத்தில் புகையும் கரியும் அறைக்கும் ரவைக்கூட்டுக்கும் அதிகம் திரும்பும். 200, 300 வெடிக்குள் கோது சிக்கத் தொடங்கினால் முதலில் அறையையும் கோதை இழுக்கும் கொக்கியையும் துடைத்துப் பார்க்க வேண்டும். ரவைக்கூட்டின் வாய் வளைந்திருந்தாலும் இதே கோளாறு வரும், ஆகவே மூன்று கூடுகளையாவது மாற்றிப் போட வேண்டும்.

குறித்தாளில் 50 மீற்றரில், மேசையில் தாங்கு வைத்து, ஐந்து ஐந்து வெடியாக ஐந்து கொத்து சுட்டு, ஒவ்வொரு கொத்திலும் துளைகள் எவ்வளவு பரந்திருக்கின்றன என்று அளக்க வேண்டும். ஒரு நல்ல கொத்தை மட்டும் காட்டுவது ஏமாற்று. 5 முதல் 8 செ.மீ.க்குள் நின்றால் பொழுதுபோக்குச் சுடுதலுக்குத் தாராளம். 115, 124, 147 கிரெயின் (சன்னத்தின் எடை அளவு) சன்னங்களைத் தனித்தனியே சுட வேண்டும். ஒரு குழலுக்கு ஒன்றுதான் பிடிக்கும். 124 கிரெயின் சன்னம் கைத்துவக்கில் செக்கனுக்குச் சுமார் 340 மீற்றர், 16 அங்குலக் குழலில் சுமார் 380. எங்கள் 35 பாகை வெயிலில் ஒலியின் வேகம் 352. 147 கிரெயின் அதற்குக் கீழே நிற்பதால், ஒலியை முந்தும் சன்னம் எழுப்பும் சுரீர் ஓசை அதில் இல்லை.

ஆட்கள் அதிகம் தவறுவது குறிகாட்டியின் உயரத்தில். அது குழலுக்கு 6 செ.மீ. மேலே இருந்து, 50 மீற்றருக்குச் சரிசெய்யப்பட்டிருந்தால், 124 கிரெயின் சன்னம் 7 மீற்றரில் ஏறத்தாழ 4 செ.மீ. கீழே படும், 100 மீற்றரில் 15 முதல் 20 செ.மீ. விழும். துவக்கில் பிழை என்று திருகத் தொடங்கினால் இரண்டு தூரமும் கெடும். இந்த உயர வேறுபாட்டுக்கு ‘குறியேற்றம்’ என்று ஒரு சொல் வைத்திருக்கிறேன். முழுத் திருப்தி இல்லை.

முல்லைத்தீவிலிருந்து:

தோள்துவக்குக்கு என் சம்மதம். ஒன்று மட்டும். சன்னம், ரவை எல்லாம் 2009 வரை இங்கே வேறு விதமாகப் பழகிய சொற்கள். உறுப்புகளுக்கு அவையே இருக்கட்டும், ஆனால் சுடப்படும் பொருளுக்கு ‘இலக்கு’ வேண்டாம். தாளுக்குக் குறித்தாள், இரும்புக்குக் குறித்தட்டு என்றே இருக்கட்டும். குறித்தட்டின் விளக்கத்தில், 10 மீற்றருக்குள் வைக்கக்கூடாது, குழிவிழுந்த தட்டு சிதறலைச் சுட்டவர் பக்கமே திருப்பும், கண்ணாடி போடாமல் சுடக்கூடாது என்பதும் வர வேண்டும்.

‘குறியேற்றம்’ வேண்டாம் அண்ணை, குறியை மேலே ஏற்றுவதாக அல்லவா பொருள் வருகிறது? ‘குழல்–குறி இடைவெளி’ என்று நேராகவே எழுதுங்கள்.

கிளிநொச்சியிலிருந்து:

சரி. பட்டியலில் இப்படிப் பதிகிறேன்: கைரவைத் தோள்துவக்கு – கைத்துவக்கு ரவையைப் பயன்படுத்தி, தோளில் தாங்கி, விசைக்கு ஒரு வெடியாகச் சுடும் துவக்கு. ‘குழல்–குறி இடைவெளி’ தனிப் பதிவாகும். சுணக்க இயக்கத்துக்கு மாற்றுச் சொல் இருந்தால் வெள்ளிக்கிழமைக்குள் எழுதுங்கள்.