குற்றப்பத்திரிகைக்கு முன்பே கைதானவர் முகத்தைக் காட்டலாமா? சேலம் கோர்ட் செய்திகள் குறித்து ஒரு விவாதம்

அஸ்தம்பட்டி வக்கீல்

செயின் பறிப்பு, வழிப்பறி, கொலை, எதுவானாலும் நம்ம ஊரில் முதல் நாள் செய்தி ஒரே அச்சில்தான் வருகிறது. மேசைமேல் பறிமுதல் நகை, பின்னால் வரிசையாக நிற்கும் ஆட்கள், ஒருவர் கையில் மாவுக்கட்டு, கீழே ‘விசாரணையில் குற்றத்தை ஒப்புக்கொண்டனர்’ என்று ஒரு வரி. இந்தப் படமும் இந்த வரியும் வழக்கை எங்கே உடைக்கின்றன என்று சொல்லிவிடுகிறேன்.

முன்பின் தெரியாத ஆள் செயினை அறுத்தான் என்பது வழக்கானால் அடையாள அணிவகுப்பு நடத்தியாக வேண்டும். நடுவர் (மாஜிஸ்திரேட்) சிறைக்கு வருவார். எதிரியை, அதாவது குற்றம் சாட்டப்பட்டவரை, ஏறக்குறைய அதே வயது, உயரம், தோற்றம் உள்ளவர்களோடு கலந்து நிறுத்திவிட்டு, சாட்சியைத் தனியாக அழைத்துக் காட்டச் சொல்வார். போலீசார் அங்கே இருக்கக் கூடாது. ஆனால் சாட்சி அந்த முகத்தை ஏற்கெனவே பேப்பரிலும் வாட்ஸாப்பிலும் பார்த்திருந்தால், அவர் காட்டுவது படத்தில் பார்த்த முகத்தைத்தான். குறுக்கு விசாரணையில் நாங்கள் முதலில் கேட்பதும் அதுதான்: ‘எதிரியின் படம் நாளிதழில் வந்ததா? பார்த்தீர்களா?’ ‘ஆமாம்’ என்று வந்துவிட்டால் அணிவகுப்பு போச்சு. பிறகு கோர்ட்டில் கூண்டைக் காட்டி ‘இவர்தான்’ என்று சொல்வதும் வலுவிழக்கும். நிஜமாகவே செயினை அறுத்தவன் இந்த ஓட்டை வழியாகத் தப்புவான். சம்பந்தமில்லாதவன் மாட்டியிருந்தால், படத்தைப் பார்த்த சாட்சி அவனையே கைகாட்டிவிடுவார்.

‘ஒப்புக்கொண்டனர்’ என்ற வரி இன்னும் மோசம். போலீஸ் அதிகாரியிடம் தரும் ஒப்புதல் வாக்குமூலம் எதிரிக்கு எதிரான சாட்சியமே ஆகாது. முன்பு சாட்சியச் சட்டத்தின் 25ஆம் பிரிவு, இப்போது பாரதிய சாட்சிய அதினியத்தின் 23ஆம் பிரிவு. காவலில் அவர் சொன்னதைக் கொண்டு பொருள் ஏதாவது கண்டெடுத்தால், அந்தப் பகுதி மட்டும் செல்லும். தீர்ப்பு எழுதுகிறவரே கணக்கில் எடுக்கக் கூடாத வாசகத்தை ஊரே படித்து முடிவுக்கு வந்துவிடுகிறது.

என் கோரிக்கை இது: குற்றப்பத்திரிகை தாக்கலாகும் வரை கைதானவரின் முகம், போலீஸ் வாக்குமூலம் இரண்டையும் வெளியிடச் சட்டப்படி தடை வேண்டும்.

நாலு ரோடு நிருபர்

வக்கீல் சார், அணிவகுப்பு பற்றிச் சொன்னது சரி. தடை என்று எழுதினால் அது யார் மேல் விழும் என்றுதான் கேட்கிறேன்.

2021 ஜூன், நம்ம மாவட்டம், பாப்பநாயக்கன்பட்டி சோதனைச்சாவடி. ஒரு வியாபாரியைச் சிறப்பு உதவி ஆய்வாளர் லத்தியால் அடித்த செல்போன் வீடியோ பரவியது. அடிபட்டவர் இறந்தார், அதிகாரி கைதானார். அந்த வீடியோவில் எதிரியின் முகம் இருந்தது. உங்கள் சட்டப்படி அவர் கைதான நிமிடமே அதை நாங்கள் எடுத்திருக்க வேண்டும். 2020இல் போலீஸ் அடித்துத் தந்தையும் மகனும் இறந்த சாத்தான்குளம் வழக்கிலும் முதல் சில நாட்களில் வந்த செய்திகள்தான் உண்மையை வெளியே கொண்டுவந்தன. குற்றப்பத்திரிகை வரும்வரை காத்திருந்தால் அந்த வழக்குகளே வேறு மாதிரி எழுதப்பட்டிருக்கும்.

இன்னொன்று, சேலம் கோர்ட் பார்த்த வழக்கு. 2000 பிப்ரவரி 2, தருமபுரி பஸ் எரிப்பு. கோவை வேளாண் பல்கலைக்கழக மாணவிகள் மூவர் எரிந்து இறந்தார்கள். கிருஷ்ணகிரியில் விசாரணை தொடங்கியதும் சாட்சிகள் ஒவ்வொருவராக முன்பு சொன்னதை மாற்றிச் சொல்லிப் பிறழ்ந்தார்கள். ஒரு மாணவியின் தந்தை உயர் நீதிமன்றம் போனார். வழக்கு சேலத்துக்கு மாறி, முதலிலிருந்து விசாரணை நடந்து, 2007இல் தீர்ப்பு வந்தது. சாட்சி பிறழ்வது அன்றன்றைக்கு அச்சில் வராத ஊரில், வழக்கை இடம் மாற்றச் சொல்லி யார் கேட்பார்கள்?

அஸ்தம்பட்டி வக்கீல்

தம்பி, நீங்கள் சொன்ன எதிலும் எனக்குப் பகை இல்லை. சாட்சி பிறழ்ந்தது திறந்த நீதிமன்றத்தில் நடந்த விஷயம். நீதிமன்ற நடவடிக்கையை நேர்மையாகவும் துல்லியமாகவும் வெளியிட்டால் அவமதிப்பு ஆகாது என்று 1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 4ஆம் பிரிவே சொல்கிறது. நான் பேசுவது அதற்கு முந்திய காலத்தைப் பற்றி.

அதே சட்டத்தின் 3ஆம் பிரிவு விளக்கத்தைப் பாருங்கள். குற்ற வழக்கு ‘நிலுவையில் உள்ளது’ என்று கணக்காவது குற்றப்பத்திரிகை தாக்கலான பிறகு, அல்லது நீதிமன்றம் சம்மனோ வாரண்டோ பிறப்பித்த பிறகு. அதுவரை என்ன எழுதினாலும் நிலுவை வழக்கைப் பாதித்ததாக இந்தச் சட்டம் பிடிக்காது. கைதுக்கும் குற்றப்பத்திரிகைக்கும் நடுவே 60 நாளோ 90 நாளோ போகிறது. அணிவகுப்பு, நடுவர் முன் சாட்சி வாக்குமூலம், ஜாமீன் மனு எல்லாம் அந்தக் காலத்துக்குள்தான் நடக்கின்றன. வழக்கு எளிதில் கெடக்கூடிய நாட்களில்தான் சட்டம் கண்ணை மூடிக்கொள்கிறது. இதைக் கைது நாளிலிருந்தே தொடங்கச் சொல்லி சட்ட ஆணையம் 2006இல் தன் 200ஆவது அறிக்கையில் பரிந்துரைத்தது. சட்டம் இன்னும் மாறவில்லை.

காவலர்களே எதிரிகளாக இருக்கும் வழக்குக்கு விலக்கு எழுதிக்கொள்ளலாம். சம்பவத்தை நேரில் பதிவு செய்த வீடியோ வேறு, ஸ்டேஷன் வாசலில் நிறுத்தி எடுத்த படம் வேறு.

மேட்டூர் தமிழரசி

விலக்கு எழுதுவது அவ்வளவு சுலபம் இல்லைங்க சார். மணல் வண்டிக்காரர் எதிரி, அவருக்குப் பின்னால் அதிகாரி இருக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். வழக்கில் அதிகாரி பெயரே வராது. அப்போது எந்த விலக்கு வந்து காப்பாற்றும்?

தவிர, இங்கே ஜூரி, அதாவது பொதுமக்களிலிருந்து எடுத்த தீர்ப்புக் குழு, இல்லை. 1959இல் கடற்படை அதிகாரி நானாவதி மீதான கொலை வழக்கில் ஜூரி விடுதலை சொன்னபோது, பத்திரிகைப் பிரசாரம் அவர்களை அசைத்தது என்ற பேச்சு எழுந்தது. பம்பாய் உயர் நீதிமன்றம் அந்த முடிவை ஏற்காமல் தண்டித்தது. இன்று தீர்ப்பு எழுதுகிறவர் பயிற்சி பெற்ற நீதிபதி. பேப்பர் படித்துவிட்டுத் தண்டிப்பார் என்றால் அது அவரைக் குறைத்துப் பேசுவதாகாதா?

அஸ்தம்பட்டி வக்கீல்

நீதிபதியை விடுங்கள் அம்மா. அவருக்கு முன்னால் நிற்கிறவர்களைப் பாருங்கள். சாட்சி தான் பார்த்ததோடு டிவியில் கேட்டதையும் கலந்து சொல்வார், அது பொய் என்று அவருக்கே தெரியாது. புலனாய்வு அதிகாரி ‘இவன்தான்’ என்று ஊருக்குச் சொல்லிவிட்டார்; பிறகு வேறு தடயம் கிடைத்தாலும் திரும்ப முடியாமல் தவிப்பார். ஜாமீன் மனுவை எதிர்ப்பவர் ‘பொதுமக்கள் கொந்தளிப்பு’ என்று ஒரு வரி சேர்ப்பார். அந்தக் கொந்தளிப்பு எங்கிருந்து வந்தது?

கடைசியாக எங்கள் ஆட்களே ‘இந்த எதிரிக்கு யாரும் ஆஜராகக் கூடாது’ என்று சங்கத்தில் தீர்மானம் போடுவார்கள். அப்படித் தீர்மானம் போடுவது அரசியலமைப்புக்கு விரோதம், செல்லாது என்று உச்ச நீதிமன்றம் 2010இல் கோவை சம்பந்தப்பட்ட முகமது ரஃபி வழக்கில் கடுமையாகச் சொன்னது. இருந்தும், பரபரப்பான வழக்கு என்றால் வக்காலத்து போட இளையவர்கள் பயப்படுகிறார்கள். நல்ல வக்கீல் கிடைக்காத விசாரணையில் நீதிபதி எவ்வளவு நல்லவராக இருந்து என்ன பயன்?

சேர்வராயன்

ஏற்காட்டிலிருந்து எழுதுகிறேன். நீங்கள் எல்லோரும் எதிரியைப் பற்றியே பேசுகிறீர்கள். பாதிக்கப்பட்ட பிள்ளைகளின் விஷயத்தில் சட்டம் ஏற்கெனவே தெளிவாக இருக்கிறது, அப்படியிருந்தும் தினமும் மீறப்படுகிறது.

பிள்ளைகள் மீதான பாலியல் குற்றங்களுக்கான போக்சோ சட்டத்தின் 23ஆம் பிரிவு பெயரோடு நிற்கவில்லை. முகவரி, படம், குடும்ப விவரம், பள்ளி, அக்கம்பக்கம், அடையாளம் தெரியவைக்கும் வேறு எந்தத் தகவலும் கூடாது. மீறினால் ஆறு மாதம் முதல் ஓராண்டு வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும். எழுதியவரோடு வெளியீட்டாளரும் உரிமையாளரும் பொறுப்பு. சேலம் டவுனில் ‘எட்டாம் வகுப்பு மாணவி’ என்றால் யாரென்று தெரியாது. மலைக்கிராமத்தில் அதே வார்த்தை முகவரி எழுதியதற்குச் சமம். ‘காபி தோட்டத் தொழிலாளியின் மகள், விடுதியில் தங்கிப் படிப்பவர், தாய்மாமன் கைது’ என்று மூன்று துண்டு போட்டால் பஸ் ஸ்டாண்டில் நிற்கிறவர்கள் எல்லோருக்கும் அந்த வீடு தெரிந்துவிடும். உறவுமுறையைச் சொன்னால் ஊரைச் சொல்லாதீர்கள். ஊரைச் சொன்னால் உறவு, வகுப்பு, தொழில் மூன்றையும் விடுங்கள். ஒரு பத்திரிகை உறவையும் இன்னொன்று ஊரையும் போட்டால் சேர்த்துப் படிப்பவருக்குப் போதும், ஆகவே மற்றவர்கள் என்ன போட்டார்கள் என்று பார்த்த பிறகே நம் பிரதி போக வேண்டும்.

பாலியல் வன்கொடுமை வழக்கில் பாதிக்கப்பட்டவர் நடுவரிடம் கொடுத்த வாக்குமூலத்தைக் குற்றப்பத்திரிகைக்கு முன் யாருக்கும் காட்டக் கூடாது என்று 2014இல் சிவண்ணா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. இறந்துபோனவர் பெயரையும் வெளியிடக் கூடாது என்று 2018இல் நிபுண் சக்சேனா வழக்கில் சொன்னது. இதில் பத்திரிகைச் சுதந்திரம் என்ற பேச்சுக்கே இடமில்லை.

நாலு ரோடு நிருபர்

சேர்வராயன் அண்ணா சொன்னதை அப்படியே ஏற்கிறேன். அந்த எல்லையைத் தாண்டுகிறவர்மேல் வழக்குப் போடட்டும்.

ஆனால் வக்கீல் சார் பேசாத ஒன்று உண்டு. போலீஸ் சொல்வதையே ஏன் எழுதுகிறோம்? வேறு தாள் எதுவும் எங்கள் கைக்கு வராததால்தான். முதல் தகவல் அறிக்கையை 24 மணி நேரத்துக்குள் இணையத்தில் ஏற்ற வேண்டும் என்று 2016இல் யூத் பார் அசோசியேஷன் வழக்கில் உச்ச நீதிமன்ற உத்தரவு வந்தது. பாலியல் குற்றம், பயங்கரவாதம் போன்ற உணர்வுபூர்வமான வழக்குகளுக்கு மட்டும் விலக்கு. நடைமுறையில் கொஞ்சம் பேசப்படும் வழக்கு என்றாலே பக்கம் திறப்பதில்லை. குற்றப்பத்திரிகையையாவது இணையத்தில் போடச் சொன்னால், அது பொது ஆவணம் இல்லை என்று 2023 ஜனவரியில் சௌரவ் தாஸ் வழக்கில் மறுத்துவிட்டார்கள். வழக்கில் சம்பந்தமில்லாதவர் நகல் வேண்டுமென்றால் காரணம் காட்டி மனுப் போட்டு, அனுமதி வாங்கிக் காத்திருக்க வேண்டும். தினப் பத்திரிகைக்கு அது ஆகாது. மிஞ்சுவது இன்ஸ்பெக்டர் அனுப்பும் வாட்ஸாப் குறிப்பு ஒன்றுதான்.

அதனால் குழாயை அங்கே அடையுங்கள் என்கிறேன். கைதானவர்களைப் பத்திரிகையாளர் முன் நிறுத்தக் கூடாது, அணிவகுப்பு தேவைப்படுவோர் முகத்தைக் காட்டக் கூடாது என்று மத்திய உள்துறை 2010 ஏப்ரலிலேயே மாநிலங்களுக்கு அறிவுரை அனுப்பியது. 2023 செப்டம்பரில் உச்ச நீதிமன்றமும் போலீஸ் பத்திரிகையாளர் சந்திப்புக்கு விரிவான நெறிமுறை வகுக்கச் சொன்னது. சுற்றறிக்கையை மீறிய அதிகாரிக்கு ஒரு மெமோ கொடுங்கள். முகம் காட்டுவது பாதிக்குமேல் நின்றுவிடும், பத்திரிகைக்குத் தடையே தேவைப்படாது. முகத்தை நாங்கள் வெளியிட்டால் சிறை, அதே முகத்தைக் காட்டிய போலீசுக்கு ஒன்றுமில்லை என்பது எந்த ஊர் நியாயம்?

அஸ்தம்பட்டி வக்கீல்

போலீசை அடக்க வேண்டும், சம்மதம். அது மட்டும் போதாது. 2015 கோகுல்ராஜ் கொலை வழக்கை நினைத்துப் பாருங்கள். இறந்தவர் ஓமலூர்க்காரர். முதல் எதிரி தலைமறைவாக இருந்தபடியே வாட்ஸாப்பில் ஒலிப்பதிவு விட்டார், தொலைக்காட்சிக்குப் பேட்டி கொடுத்தார். அங்கே எந்த இன்ஸ்பெக்டரும் குறிப்பு அனுப்பவில்லை. சாட்சி சொல்ல வேண்டியவர்கள் வீட்டில் உட்கார்ந்து அந்தக் குரலைக் கேட்டால் என்ன நினைப்பார்கள்? முக்கிய சாட்சி பிறழ்ந்தார். வழக்கு நாமக்கல்லிலிருந்து மதுரைக்குப் போய், 2022 மார்ச்சில் 10 பேருக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது. அந்த ஒலிபரப்பால்தான் பிறழ்ந்தார் என்று நான் சொல்லவில்லை. அப்படிப்பட்ட ஒலிபரப்பைத் தள்ளிவைக்க ஒரு வழி வேண்டும் என்கிறேன்.

மேட்டூர் தமிழரசி

வழி இருக்குதுங்களே. 2012 செப்டம்பரில் சஹாரா வழக்கில் தலைமை நீதிபதி கபாடியா தலைமையிலான ஐந்து நீதிபதிகள் அமர்வு சொன்னதுதான். விசாரணை கெடும் அபாயம் நிஜமாகவும் கணிசமாகவும் இருந்து, வேறு மாற்று வழியும் இல்லாதபோது, குறுகிய காலத்துக்கு வெளியீட்டைத் தள்ளிவைக்கலாம். தேவையும் அளவும் இரண்டும் பொருந்த வேண்டும். எதிரி வந்து கேட்டால் நீதிமன்றம் வழக்குக்கு வழக்கு எடைபோடும். உங்கள் பொதுத்தடையில் அந்த எடைபோடுதல் எங்கே?

அஸ்தம்பட்டி வக்கீல்

அந்த உத்தரவை வாங்க உயர் நீதிமன்றத்துக்குப் போக வேண்டும் அம்மா. செவ்வாய்ப்பேட்டை மூட்டைத் தொழிலாளி மகனைத் திங்கள் ராத்திரி பிடிக்கிறார்கள், செவ்வாய்க் காலையில் படம் வந்துவிடுகிறது. சென்னை 340 கிலோமீட்டர். அங்கே வக்கீல் பிடித்து மனுப் போடுவதற்குள் படம் ஆயிரம் குழுக்களுக்குப் போயிருக்கும். காசுள்ளவனுக்கு மட்டும் பயன்படும் உரிமை அது. பொதுத்தடை வேண்டாம் என்றால், ரிமாண்ட் செய்யும் நடுவரே ‘அணிவகுப்பு முடியும் வரை முகம் கூடாது’ என்று அன்றைக்கே எழுத அதிகாரம் கொடுங்கள். 15 நாளோ 20 நாளோ, தேதி போட்டு.

நாலு ரோடு நிருபர்

முகம் மட்டும், அணிவகுப்பு வரை மட்டும், தேதியோடு என்றால் எழுதித் தாருங்கள், நானே கையெழுத்துப் போடுகிறேன். வாக்குமூலத்துக்கும் வழக்கின் போக்குக்கும் அதை நீட்டினால் முடியாது. கீழமை நீதிமன்றம் வாயை மூடும் அதிகாரம் பெற்றால் எங்கே போய் முடியும் என்பதற்குச் சிவில் தடையாணைகளே சாட்சி. எதிர்த்தரப்பைக் கேட்காமலே, பெயர் தெரியாதவர்கள் உட்பட எல்லோருக்கும் தடை என்று வாங்கிவிடுகிறார்கள். விசாரணைக்கு முன்பே கட்டுரைக்குத் தடை போடுவது மிக அரிதாகத்தான் இருக்க வேண்டும் என்று 2024 மார்ச்சில் ப்ளூம்பெர்க் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்ல வேண்டியதாயிற்று. அதற்கு முன் 2021 மே மாதத்தில், சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதிகள் வாய்மொழியாகச் சொன்னதைக்கூட வெளியிடக் கூடாது என்று தேர்தல் ஆணையம் கேட்டபோதும் மறுத்தார்கள்.

வாக்குமூலத்துக்கு என் வழி வேறு. ‘ஒப்புக்கொண்டனர்’ என்பதை ‘ஒப்புக்கொண்டதாகப் போலீசார் கூறுகின்றனர், போலீசாரிடம் சொல்வது நீதிமன்றத்தில் சாட்சியமாகாது’ என்று எழுதுவது. ஒரே வாக்கியம்தான் கூடும்.

அஸ்தம்பட்டி வக்கீல்

அந்த வாக்கியம் தலைப்பில் வராது, தம்பி. நாலாம் பத்தியில் வரும், படித்தவன் அதற்குள் அடுத்த செய்திக்குப் போயிருப்பான். அதை நான் ஏற்கவில்லை.

முகத்துக்கு மட்டும் ஒத்துப்போகிறோம், அதுவரை சரி. விடுதலைச் செய்திக்கு என்ன செய்கிறீர்கள்? கைதுக்கு நாலு காலம், விடுதலைக்கு ஒன்றுமில்லை.

நாலு ரோடு நிருபர்

அதற்கு வேலை முறை இருந்தால் போதும் சார். கைது செய்தி எழுதும்போதே குற்ற எண் (முதல் தகவல் அறிக்கையின் எண்), ஆண்டு, காவல் நிலையம் மூன்றையும் தனி நோட்டில் ஏற்ற வேண்டும். குற்றப்பத்திரிகை கோப்புக்கு எடுத்த பிறகு இ-கோர்ட்ஸ் தளத்தில் அதே எண்ணைப் போட்டுத் தேடினால் வழக்கு எண்ணும் அந்த வழக்குக்கே உரிய 16 இலக்க சி.என்.ஆர். எண்ணும் கிடைக்கும். சி.என்.ஆர். கையில் இருந்தால் அடுத்த வாய்தா, தீர்ப்பு எல்லாம் செல்போனிலேயே தெரியும். கொலை வழக்கு குற்றவியல் நடுவரிடமிருந்து அமர்வு நீதிமன்றத்துக்குப் போகும்போது எண் மாறிவிடும், அங்கேதான் பெரும்பாலோர் தடத்தை விடுகிறார்கள். குற்ற எண் மாறாது, அதை வைத்துத் திரும்பப் பிடிக்கலாம். இந்த நோட்டை யார் வைத்திருப்பது என்று உங்கள் சங்கமும் எங்கள் சங்கமும் உட்கார்ந்து பேசுவதென்றால் நான் தயார்.