கன்சோலுக்கு வெளி ஹார்ட் டிஸ்க்: இன்னும் உறுத்துற அந்த ஒரு நிமிஷத்தை எழுதுங்க

கொட்டகலை98:
பிளேஸ்டேஷன் 4 (பிஎஸ்4) ஸ்லிம், 500 ஜீபி. அதுல கைக்கு வாறது 400 சொச்சம்தான், எல்லாருக்கும் தெரிஞ்ச கணக்கு. 1 டீபி வெளி டிஸ்க் ஒண்ணை எக்ஸ்டென்டட் ஸ்டோரேஜா (கன்சோல் கேம் வைக்கிற மேலதிக இடமா) ஃபோர்மட் பண்ணி, எட்டுக் கேம் அதுக்கு மாத்தியாச்சு. ஒரு மாசம் சத்தமில்லாம ஓடுச்சு.

உறுத்துறது அதுக்குப் பிறகு. அதே டிஸ்க்கை லெப்டொப்ல குத்தினா விண்டோஸுக்கு அதுல இருக்கிற ஒண்ணும் தெரியாது. சில நேரம் வெத்து டிஸ்க்னு நினைச்சு "ஃபோர்மட் பண்ணவா"ன்னு கேக்கும். பிஎஸ்4 எழுதுற முறை அதுக்குப் புரியல, அவ்வளவுதான், டிஸ்க்ல ஒரு பழுதும் இல்ல. அந்த இடத்துல ஓகேய அமத்தினா மூணு செக்கன், எட்டுக் கேமும் போச்சு. 10 எம்பிபிஎஸ் லைன்ல 100 ஜீபி கேம் ஒண்ணு இறங்கவே 22 மணித்தியாலம். எட்டுக்கும் நீங்களே பெருக்கிக்கங்க.

சேவ் ஃபைலும் ஸ்க்ரீன்ஷொட்டும் தப்பிச்சுச்சு. அதுக ரெண்டும் எப்பவும் உள் டிஸ்க்லதான் இருக்கும், வெளி டிஸ்க்குக்குப் போகாது. போறது கேமும் அதோட அப்டேட்டும்தான்.

நானுஓயா நைட்:
கேபிள். இதைச் சொல்லத்தான் வந்தேன்.

டிஸ்க் புதுசு, கன்சோலும் நல்லாத்தான் இருக்கு, ஆனா குத்தினா "இது யூஎஸ்பி 3 இல்ல"ன்னு பிஎஸ்4 தள்ளி விடுது. டிஸ்க்கைத் திருப்பிக் கொண்டு போற அளவுக்கு வந்தாச்சு. அப்பதான் ப்ளக்கைப் பார்த்தா, மாட்டியிருக்கிறது பழைய போன் சார்ஜர் கேபிள். வெளி டிஸ்க்ல இருக்கிற அகலமான ஓட்டை ரெண்டு பாகம். ஒரு பாகம் பழைய மைக்ரோ யூஎஸ்பி அளவு, அதனால போன் கேபிள் அச்சு அசலாப் போய் உக்காந்திடும். லைட் எரியும், டிஸ்க் சுத்தும், லெப்டொப்ல ஃபைலும் தெரியும். பக்கத்துல வெறுமனே கிடக்கிற மத்தப் பாகத்துல இருக்கிற அஞ்சு முள்ளுதான் யூஎஸ்பி 3. அது படலைன்னா கன்சோல் ஏத்துக்காது.

இன்னொண்ணு. சரியான கேபிளையே கன்சோல் பக்கம் மெதுவா, தயங்கித் தயங்கித் தள்ளினாலும் சில நேரம் இதே பிழை வரும். முன்னுக்கு இருக்கிற யூஎஸ்பி 2 முள்ளுக நாலும் முதல்ல படும், கன்சோல் "சரி, இது பழசு"ன்னு முடிவு எடுத்திடும். கழட்டிட்டு ஒரே தள்ளா உள்ளுக்குத் தள்ளுங்க.

பண்டாரவளை ப்ளேயர்:
நானுஓயா அண்ணே, கேபிள் பிஎஸ்4க்குச் சரி. பிஎஸ்5ல பாதிப் பேர் பிழை விடுறது ஓட்டையில. 2020ல வந்த பெரிய மொடல்ல முன்னுக்கு இருக்கிற சதுர ஓட்டை யூஎஸ்பி 2 வேகம்தான். கைக்கு வசதியா இருக்கிறதால எல்லாரும் அதுலதான் குத்துவாங்க. பின்னுக்கு இருக்கிற ரெண்டுல ஒண்ணுல குத்தணும், இல்லாட்டி முன்னுக்கு உள்ள டைப் சீ. பிஎஸ்5 ஸ்லிம் மொடல்ல முன்னுக்கு ரெண்டும் டைப் சீ, பார்க்க இரட்டைப் பிள்ளைக மாதிரி, ஆனா அதுல ஒண்ணுதான் வேகம். குழம்பாம இருக்கணும்னா பின்னுக்கே குத்திடுங்க.

எந்த ஓட்டையானாலும் ஹப் (ஒரு ஓட்டையைப் பல ஓட்டையாக்குற பெட்டி) வழியா வேணாம், நேராக் கன்சோலுக்கு. பிஎஸ்4 ஸ்லிம்ல இருக்கிறதே முன்னுக்கு ரெண்டுதான். ஒண்ணுல டிஸ்க் உக்காந்தா கன்ட்ரோலர் சார்ஜுக்கு மிச்சம் ஒண்ணு. அதுக்காக ஹப் வாங்கிப் போட்டவங்க கதை எல்லாம் ஒரே மாதிரி முடியும், கன்சோல் டிஸ்க்கை ஏத்துக்காது.

பிஎஸ்5க்கு வெளி டிஸ்க்கை நம்பி வாங்குறவங்க இதையும் தெரிஞ்சுக்கங்க: அதுல பிஎஸ்4 கேமை நேரா விளையாடலாம். பிஎஸ்5 கேமை வச்சிருக்க மட்டும்தான் முடியும், அதுவும் 2021 ஏப்ரல் அப்டேட்டுக்குப் பிறகு. விளையாடணும்னா உள்ளுக்குத் திருப்பிக் கொப்பி பண்ணணும். 100 ஜீபி கேம் நல்ல டிஸ்க்ல இருந்து வர இருபது நிமிஷத்துக்குள்ள முடியும். 22 மணித்தியாலத்தோட பார்த்தா அது ஒண்ணுமே இல்ல.

டிக்கோயா டெக்:
மேல எல்லாரும் கேபிள், ஓட்டைன்னு பேசுறீங்க. நம்ம மலையகத்துப் பக்கம் டிஸ்க் சாகிறது கரண்ட்டால.

ஒரு பிஎஸ்4, அப்டேட் கொப்பி ஆகிட்டு இருக்கு, 60 சதவீதம். மழை, எங்கயோ லைன்ல மரம் விழுந்து கரண்ட் போச்சு. வந்த பிறகு போட்டா நீல வெளிச்சம் துடிச்சிட்டே நிக்குது, திரையில ஒண்ணும் வரல. சேஃப் மோட் (கோளாறு திருத்துற மெனு) போகணும். பவர் பட்டனை அமத்திப் பிடிச்சா முதல்ல ஒரு பீப், ஏழு செக்கன் கழிச்சு இன்னொண்ணு. ரெண்டாவது கேட்டதும் கையை எடுக்கணும். கன்ட்ரோலர் கேபிள்ல இருக்கணும், வயர்லெஸ்ல வேலை செய்யாது. வாற லிஸ்ட்ல ஐந்தாவது ரீபில்ட் டேட்டாபேஸ், அது கேமை அழிக்காது. அதுக்கு அடுத்த ஆறாவது இனிஷியலைஸ், அது எல்லாத்தையும் துடைச்சிடும். கை நடுங்குற நேரத்துல ரெண்டையும் பக்கத்துல பக்கத்துல வச்ச புண்ணியவான் யாரோ.

இனி, கேக்காட்டியும் சொல்றேன். 2022 மார்ச் கடைசியில இலங்கையில 13 மணித்தியாலம் கரண்ட் கட் இருந்தப்பக் கூட ஆபத்து குறைவு, ஏன்னா நேரம் முன்னுக்கே தெரியும், நிப்பாட்டி வச்சிடலாம். சொல்லாம போறதுதான் கொல்லும். ஹட்டன், மஸ்கெலியாப் பக்கம்னா மே கடைசியில தொடங்கி செப்டெம்பர் வரைக்கும், பதுளைப் பக்கம்னா டிசம்பர், ஜனவரி. ஏப்ரல்லயும் ஒக்டோபர்லயும் பின்னேரத்து இடி. இடி கேட்டா சுவிட்சை நிப்பாட்டினா போதாது, ப்ளக்கைக் கழட்டுங்க, ரௌட்டர் வயரையும் சேர்த்து.

ரெஸ்ட் மோடை (கன்சோல் அரைத் தூக்கத்துல கிடக்கிறதை) மறந்திடுங்க. நைட் டேட்டாவுக்காக (ராத்திரிக்கு மட்டும் தாற டேட்டா) விடிய விடிய ரெஸ்ட் மோட்ல டவுன்லோட் போட்டு வைக்கிறது நம்ம எல்லாருக்கும் பழக்கம். அந்த நேரம் டிஸ்க் முழிச்சுத்தான் இருக்கு, கரண்ட் போனா ஓடிட்டு இருக்கிறப்பப் பிடுங்கின மாதிரித்தான். நைட் டேட்டா வேணும்னா டவுன்லோட் இடத்தை உள் டிஸ்க்குக்கு மாத்திட்டு, வெளி டிஸ்க்கை "பாவனையை நிறுத்து" கொடுத்துக் கழட்டிட்டுப் படுங்க. காலையில மாட்டி, கேமை அங்க மாத்திக்கலாம்.

3.5 அங்குல டிஸ்க் வேணவே வேணாம். அதுக்கு 12 வோல்ட் அடாப்டர் தனியா. கரண்ட் கண் சிமிட்டினா கன்சோல் தாங்கிடும், அந்தச் சின்ன அடாப்டர் சில நேரம் தாங்காது. கன்சோல் ஓடிட்டே இருக்க டிஸ்க் மட்டும் அறுந்து போகும். 2.5 அங்குலம் கன்சோல்ல இருந்தே கரண்ட் எடுக்கும், நின்னா ரெண்டும் ஒண்ணா நிக்கும்.

யூபிஎஸ் வாங்குறதா இருந்தா 650 விஏ போதும். ஆனா விஏயும் வாட்டும் ஒண்ணு இல்ல. 650 விஏ எழுதியிருக்கிறது பெரும்பாலும் 360 வாட் பக்கம்தான் தரும். பிஎஸ்4 ஸ்லிம்முக்கும் டிவிக்கும் தாராளம், பிஎஸ்5க்கு டிவியையும் சேர்த்து மாட்டினா இறுக்கம். விளையாட இல்ல, சேவ் பண்ணி ஒழுங்கா நிப்பாட்ட.

மஸ்கெலியா மச்சான்:
தலைப்பு டிஸ்க், டெக் அண்ணே எழுதினது மின்சாரப் பாடம் 😄 ஆனா அந்த ஐந்தாவது, ஆறாவது விஷயம் உண்மை. பிஎஸ்5லயும் அதே மாதிரித்தான், ஐந்துக்கு அடுத்தது ரீசெட்.

லிந்துலை ராஜா:
நீங்க எல்லாம் காரணம் தேடுறீங்க. நுவரெலியாப் பக்கம் காத்து மெல்லிசு, ஹார்ட் டிஸ்க் சரிவராது. கடையிலயே சொன்னாங்க. எஸ்எஸ்டி (சுத்துற தட்டு இல்லாத டிஸ்க்) மட்டும்தான்.

ஹப்புத்தளைக் காத்து:
ராஜா தம்பி, அது பாதி உண்மைய வச்சுக் கட்டின கதை. ஹார்ட் டிஸ்க்ல வாசிச்சு எழுதுற ஹெட் தட்டுக்கு மேல காத்து மெத்தையிலதான் மிதக்குது, அதுக்காகவே மூடியில ஃபில்டர் வச்ச சின்ன ஓட்டை ஒண்ணு இருக்கு. காத்து மெலிஞ்சா ஹெட் கீழ இறங்கும், சரி. ஆனா டிஸ்க் கம்பனிகள் வழக்கமாப் போடுற எல்லை 3,048 மீட்டர். நுவரெலியா டவுன் 1,868. பிதுருதலாகல உச்சியே 2,524. உச்சியில கொண்டு போய் வச்சு விளையாடினாலும் எல்லைக்குள்ளதான்.

நம்ம பக்கம் பார்க்க வேண்டியது உயரத்தை இல்ல, ஈரத்தை. ஜனவரி, பெப்ரவரியில துகள் பனி விழுற ராத்திரி டிஸ்க்கைப் பையில வச்சுக் கொண்டு வந்து, அடுப்பு எரியிற வீட்டுக்குள்ள எடுத்த உடனே குத்தினா, கண்ணாடி டம்ளர்ல வேர்க்கிற மாதிரி டிஸ்க்கும் வேர்க்கும். பையைத் திறக்காம ரெண்டு மணித்தியாலம் வைங்க. பல டிஸ்க்குக்கு ஓடுறதுக்கான கீழ் எல்லை 5 பாகை. அதிகாலையில விறைச்சுக் கிடக்கிறதை எழுப்ப வேணாம்.

எஸ்எஸ்டி நல்லதுதான், மறுக்கல. ஆனா காரணம் காத்து இல்ல. 2.5 அங்குல 1 டீபி, 2 டீபி வெளி டிஸ்க் பெரும்பாலும் எஸ்எம்ஆர் வகை, கூரை ஓடு மாதிரி ஒரு வரிக்கு மேல இன்னொரு வரி ஏறி எழுதுறது. வாசிக்கிறதுல வித்தியாசம் தெரியாது. பெருசா எழுதத் தொடங்கினா முதல்ல செக்கனுக்கு 100 எம்பிக்கு மேல போகும், கொஞ்ச நேரத்துல பாதிக்கும் கீழ விழுந்திடும். பிஎஸ்4 அப்டேட் நேரம் அதைக் கண்ணால பார்க்கலாம். அப்டேட் 1 ஜீபி, ஆனா கன்சோல் முழுக் கேமையும் திரும்ப எழுதுது. அதனாலதான் 1 ஜீபிக்கு 80 ஜீபி வெறும் இடம் கேட்டு நிக்கும். டிஸ்க்கை நுனி வரைக்கும் நிரப்பாதீங்க, உங்க பெரிய கேம் எவ்வளவோ அவ்வளவு இடம் எப்பவும் வெறுமனே கிடக்கட்டும்.

லிந்துலை ராஜா:
சரி அண்ணே, உயரம் தப்பு. ஆனா எஸ்எஸ்டிதான் நல்லதுன்னு நீங்களே சொல்லிட்டீங்க.

தலவாக்கலை டவுன்:
எஸ்எஸ்டி வாங்கப் போறவங்க அளவைப் பாருங்க. மலிவா வாறது 240 ஜீபி. யூஎஸ்பி கேஸ்ல (வெளி உறையில) போட்டு பிஎஸ்4ல குத்தினா ஃபோர்மட் பட்டனே வராது. குறைஞ்சது 250 ஜீபி வேணும், 8 டீபி வரைக்கும் போகலாம். பத்து ஜீபிக்காக வாசல்ல நிக்கிறது. 256 வாங்கினா உள்ள விடும், ஆனா அந்தக் காசுல ரெண்டு கேம்தான், 500க்குக் கீழ யோசிக்காதீங்க.

பழைய லெப்டொப்ல கழட்டின 500 ஜீபி டிஸ்க்கை யூஎஸ்பி 3 கேஸ்ல போட்டாலும் நல்லா ஓடும். போட முதல் கிரிஸ்டல் டிஸ்க் இன்ஃபோ மாதிரி டிஸ்க் நலம் காட்டுற மென்பொருள் ஒண்ணுல மூணு வரி பாருங்க. 05, சீ5 (கெட்டுப் போன, கெடப் போற இடங்களோட கணக்கு) ரெண்டும் பூச்சியமா இருக்கணும். இல்லைன்னா அந்த டிஸ்க்குக்குக் கும்பிடு. சீ7 மட்டும் ஏறியிருந்தா பெரும்பாலும் வயர் கோளாறு, டிஸ்க் நல்லதாவே இருக்கலாம்.

வழியில விக்கிற "16 டீபி" டிஸ்க் பத்தி என்ன சொல்ல. எச்2டெஸ்ட்டபிள்யூங்கிற சோதனை மென்பொருளைப் போட்டு முழுசா எழுதி வாசிச்சுப் பாருங்க. அவசரமா ஃபோர்மட் பண்ணினா அதுவும் 16ன்னுதான் காட்டும், பொய் வெளிப்படுறது நிரப்பினாத்தான்.

பதுளை எக்ஸ்:
எக்ஸ்பொக்ஸ் ஆள் ஒருத்தர் கூட இல்லையா? சீரிஸ் எஸ், 512 ஜீபின்னு வாங்கினா கைக்கு 364. வெளி டிஸ்க் யூஎஸ்பி 3 ஆ இருக்கணும். எக்ஸ்பொக்ஸ் வன் கேமும் அதுக்கு முந்தினதும் வெளியில இருந்தே ஓடும். சீரிஸுக்குன்னு செஞ்சதை வச்சிருக்கலாம், ஓட்ட முடியாது. பிஎஸ்5 கதைதான்.

அப்புறம், சீடீ போட்டு ஏத்துற கேமை வெளி டிஸ்க்குக்கு மாத்தினா சீடீ வேணாம்னு ஒரு நினைப்பு இருக்கு. வேணும். சீடீ போடுற எந்தக் கன்சோலானாலும், கேம் எந்த டிஸ்க்ல இருந்தாலும், சீடீ உள்ளுக்கு இருந்தாத்தான் கேம் திறக்கும்.

மஸ்கெலியா மச்சான்:
கொட்டகலை, சேவ் தப்பிச்சுச்சுன்னு சந்தோஷப்படாதீங்க, உள் டிஸ்க் செத்தா அதுவும் போகும். பிஎஸ்4னா ஒரு பென் ட்ரைவ்ல சேவைக் கொப்பி பண்ணி வைங்க. எக்ஸ்டென்டட்னு ஃபோர்மட் பண்ணின டிஸ்க்ல அது ஏறாது, எக்ஸ்ஃபேட்ல இருக்கிற வேற ஒண்ணு வேணும். பிஎஸ்5 கேமோட சேவ் பென்னுக்குப் போகாது, க்ளவுட்தான் (இணையத்துல சேமிக்கிறது), அதுக்குப் பிஎஸ் ப்ளஸ் சந்தா கட்டணும்.

இன்னொரு கேள்வி. கன்சோலுக்குப் பாவிச்ச டிஸ்க்கைத் திரும்ப லெப்டொப்புக்கே எடுக்கணும்னா எப்படி? எனக்கு அது கண்ணுக்கே தெரியல.

கொட்டகலை98:
அது தெரியாம இருக்கிறது சாதாரணம். விண்டோஸ்ல டிஸ்க் மெனேஜ்மென்ட் திறந்து பாருங்க, கீழ கறுப்புப் பட்டியோட கிடக்கும். வகை கேட்டா ஜீபிடி கொடுத்து எக்ஸ்ஃபேட்ல ஃபோர்மட் பண்ணலாம். அதுக்கும் அடங்கலைன்னா டிஸ்க்பார்ட்ல (விண்டோஸ்ல கட்டளை அடிக்கிற கருவி) க்ளீன். ஆனா க்ளீன் அடிக்க முதல் எந்த டிஸ்க்னு ரெண்டு தரம் பாருங்க, அது கேள்வி கேக்காது. லிஸ்ட் டிஸ்க் அடிச்சா 1 டீபி டிஸ்க் 931 ஜீபின்னு வரும். லெப்டொப்போட சொந்த டிஸ்க்கும் 931ன்னா, வெளி டிஸ்க்கைக் கழட்டிட்டுத் திரும்ப லிஸ்ட் அடிங்க. எந்த நம்பர் காணாம போகுதோ அதுதான் உங்க டிஸ்க். திரும்ப மாட்டின பிறகு நம்பர் மாறியிருக்கலாம், அதனால இன்னொரு தரம் லிஸ்ட் அடிச்சிட்டு செலக்ட் பண்ணுங்க.