கலைச்சொல் உதவி: கத்தினால் எரிகிற மலையிடுக்கு (வெள்ளிக்கிழமைக்குள்)

அனைவருக்கும் வணக்கம்.

பிள்ளைகளுக்கான அட்டை விளையாட்டு ஒன்றைத் தமிழாக்கிக்கொண்டிருக்கிறேன். மாய உலகம், மந்திரம், எல்லாம் உண்டு. வெள்ளிக்கிழமை காலையில் கோப்பு அச்சுக்குப் போக வேண்டும். ஓர் அட்டை மட்டும் நிற்கிறது.

அந்த உலகத்தில் ஒரு மலையிடுக்கு. உள்ளே யாராவது குரல் கொடுத்தால் முதல் எதிரொலி சாதாரணமாக வரும். இரண்டாவதில் பாறை வெளிறும். மூன்றாவது எதிரொலி காதில் விழாது, வெள்ளை வெளிச்சமாகக் கண்ணில் அடிக்கும். அந்த வெளிச்சம் எதிர்ப்பாறையில் பட்டு மறுபடி ஒலியாகும், முன்னைவிடப் பெரிதாக. நடுவில் மாட்டியவர் சாம்பல். கிசுகிசுத்தால் ஒன்றும் ஆகாது. இதற்குத்தான் பெயர் வேண்டும். கட்டத்தில் ஏழு எழுத்துக்கு மேல் இடமில்லை. இப்போதைக்கு 'ஒலியொளி' என்று போட்டிருக்கிறேன், மனசு ஒப்பவில்லை.

— கோரிப்பாளையம்

*

ஒப்பாது தங்கச்சி. வெள்ளிக்கிழமை ராத்திரி தூர்தர்ஷனில் 'ஒலியும் ஒளியும்' பார்த்து வளர்ந்த அப்பாமார்கள், அடுத்து என்ன பாட்டு என்று கேட்பார்கள். நாயக்கர் மகாலில் போடுவதும் ஒலி-ஒளிக் காட்சிதான். அதைப் பார்த்து யாரும் சாம்பலாகவில்லை, கொசுக்கடியோடு சரி. எனக்குத் தெரிந்து சத்தமும் வெளிச்சமும் சேர்ந்த ஆபத்து அதிர்வேட்டுதான். ஆறு எழுத்து.

— மேலூர்

*

அதிர்வேட்டு மனிதன் திரி கொளுத்துவது. இது தானே நிகழ்வது. தொல்காப்பியர் உரியியலில் வைத்துவிட்டுப் போயிருக்கிறார், நாம்தான் எடுப்பதில்லை: 'கம்பலை சும்மை கலியே அழுங்கல் என்றிவை நான்கும் அரவப் பொருள'. நான்கும் ஓசைக்குரியவை. அவற்றுள் அழுங்கலுக்கு மட்டும் இரக்கம், கேடு என்றும் பொருள் சொல்கிறார். ஓசையும் அதுவே, கேடும் அதுவே. ஐந்தே எழுத்து. கம்பலையை மதுரைக்காஞ்சி நம் மதுரை அல்லங்காடிக்கே, அதாவது இரவுக் கடைத்தெருவுக்கே, கொடுத்துவிட்டது, 'அல்லங்காடி அழிதரு கம்பலை' என்று. அழுங்கல் சும்மாதான் கிடக்கிறது.

— திருநகர்

*

ஐயா, அழுங்கலில் வெளிச்சம் எங்கே இருக்கிறது? ஒலி ஒளியாவது கற்பனை மட்டும் இல்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். நீருக்குள் இருக்கும் நுண்குமிழியை வலுவான ஒலியலையால் நெருக்கினால், அது சுருங்கி நொறுங்கும் நொடியில் ஒளி மின்னும். 1934லேயே ஜெர்மனியில் கண்டார்கள். பன்னிரண்டாம் வகுப்பில் இதைச் சொன்னால் கடைசி பெஞ்சும் நிமிர்ந்து உட்காரும். வகுப்பில் நான் அதை 'ஒலியொளிர்வு' என்கிறேன். தயவுசெய்து அந்தச் சொல்லை மந்திரவாதிகளுக்குக் கொடுத்துவிடாதீர்கள்.

— திருமங்கலம்

*

'உருமேறு' என்று ஒரு சொல் இருக்கிறதே? உரும் என்றால் இடி, ஏறு என்றால் காளை. இடியேறு என்றும் சொல்வார்கள். குறுந்தொகை 158இல் ஔவையார் 'பாம்புபட இடிக்கும் கடுவிசை உரும்' என்கிறார். அதாவது சத்தம் கேட்டே பாம்பு சாகிறது. பாம்புக்கும் அரவம், சத்தத்துக்கும் அரவம்! இது தற்செயலா? ஏறு தழுவும் ஊர்க்காரன் என்பதால் கேட்கிறேன்: இடியை ஏன் காளையாகப் பார்த்தார்கள்? முட்டுவதாலா, உறுமுவதாலா? உரும், உருமு, உறுமு என்று வரிசையாகப் பார்த்தால்...

— பாலமேடு

*

வல்லின றகரமும் இடையின ரகரமும் வேறு வேறு. ஓசை ஒத்ததும் வேர் ஒன்று என்று கிளம்பக் கூடாது, தம்பி. விலங்குதான் வேண்டுமென்றால் அசுணம் இருக்கிறது. அகநானூறு 88இல் வண்டின் ஒலியை யாழென்று நினைத்து மலைக்குகையில் காது கொடுத்துக் கேட்கிறது. யாழால் மயக்கி வரவழைத்து, பறையை அறைந்து கொல்வார்களாம். 'அசுணம் கொல்பவர் கைபோல்' என்பது நற்றிணை 304. ஒலியால் சாவதற்கு இதைவிடச் சான்று ஏது?

— திருநகர்

*

எல்லாருக்கும் நன்றி. நேற்று ராத்திரி அக்கா மகனை உட்காரவைத்து, வந்த சொற்களைத் துண்டுச் சீட்டில் எழுதி ஒவ்வொன்றாக வாசிக்கச் சொன்னேன். எட்டாவது படிக்கிறான், இட்லியை வாயில் வைத்துக்கொண்டே வாசித்தான்.

'ஒலியொளி'யை 'ஒளியொளி' என்றான். திருத்தினேன். 'ஒலியொலி' என்றான். 'அழுங்கல்' என்பது 'அளுங்கல்' ஆனது. என்ன அர்த்தம் என்று கேட்டால், "அலுங்காம குலுங்காம வர்றது" என்கிறான். ஐயா மன்னிக்கணும், பொருள் நேர் எதிராகப் போகிறது. 'உருமேறு'வுக்கு, "யார் ஏறணும்?" 'அசுணம்' கேட்டுவிட்டு மருந்தா என்றான்.

நம் ஊரில் 'ஒழி'யும் 'ஒளி' என்றுதான் வாயில் வருகிறது. ஆட்டத்தின் நடுவே அட்டையைத் தூக்கிப் போட்டுக் கத்த வேண்டிய சொல் இது. அதனால் ளகரமும் ழகரமும் இல்லாமல் 'ஒலித்தீ' என்று எழுதிக் கொடுத்தேன். ஒரே மூச்சில் சரியாகச் சொன்னான், இரண்டு தடவை.

— கோரிப்பாளையம்

*

ஒலித்தீ நல்லா இருக்கு. முடிச்சுருங்க.

— மேலூர்

*

எனக்கும் சரி. 'தீ'யில் நெருப்பும் உண்டு, தீமையும் உண்டு. 'தீயவை தீயினும் அஞ்சப் படும்' என்று குறளே இரண்டையும் சேர்த்து வைத்திருக்கிறது. ஒளி மட்டும் கொஞ்சம் குறைகிறது.

— திருமங்கலம்

*

ஒற்று மிகுத்தால் வேற்றுமைத்தொகை, ஒலியால் ஆகிய தீ. ஆனால் உங்கள் கதையில் வெளிச்சம் மறுபடி ஒலியாகிறதே? அப்படியானால் ஒலியும் தீயும் என்று உம்மைத்தொகையாக்கி, ஒற்றில்லாமல் 'ஒலிதீ' என்றல்லவா எழுத வேண்டும்?

— திருநகர்

*

ஐயா, முதலில் ஒருவன் கத்தினால்தானே எல்லாமே தொடங்குகிறது. அதனால் ஒலியால் ஆகிய தீதான். 'த்' இருக்கட்டும். ஒற்றை எடுத்தால் பையன் 'ஒலி தீ' என்று பிரித்து வாசிக்கிறான், அதையும் பார்த்துவிட்டேன். கோப்பை இப்போது அனுப்புகிறேன்.

— கோரிப்பாளையம்

*

அனுப்புங்கள் அம்மா. என் பேத்திக்கு ஒரு பெட்டி வாங்குவேன். அந்த ஓர் அட்டையில் மட்டும் பேனாவால் அடித்து 'அழுங்கல்' என்று எழுதிக்கொள்வேன். ழகரத்தை அவளுக்கு நான் சொல்லிக்கொடுத்திருக்கிறேன்.

— திருநகர்

*

காளை பற்றிக் கேட்டிருந்தேன்.

— பாலமேடு